பச்சை என்ற பிரச்னை

குன்னூரிலிருந்து கோத்தகிரி போகும் வழியில் ஒரு சரிவு இருக்கிறது. சினிமாக்காரர்கள் காமிராவை நிறுத்துகிற இடம். அதன் புகைப்படம் ஒன்றைக் கொழுந்து பறிக்கும் அம்மாள் ஒருவரிடம் காட்டினேன். கவாத்து வெட்டி மூன்று வருஷம் இருக்கும் என்றார். மேற்கோரத்தில் ஒழுங்காகப் பறிக்காமல் மட்டம் கெட்டிருக்கிறது என்றார். அழகைப் பற்றிப் பேச்சே இல்லை. நான் இயற்கைக் காட்சி என்று வைத்திருந்ததை அவர் வேலையாகப் படித்துவிட்டார்.

அன்றிலிருந்து சத்யஜித் ரே பற்றிய பழைய சர்ச்சை ஒன்று எனக்கு வேறுவிதமாகப் படுகிறது.

ரே சினிமாவுக்கு வந்தது வடிவமைப்பின் வழியாக. சாந்திநிகேதனில் ஓவியம் படித்து, பாதியில் விட்டு, 1943-ல் கல்கத்தாவில் டி. ஜே. கீமர் என்ற பிரிட்டிஷ் விளம்பரக் கம்பெனியில் மாதம் 80 ரூபாய்க்குச் சேர்ந்தார். சிக்னெட் பிரஸ்ஸுக்கு அட்டைகள் வரைந்தார். ‘பாதேர் பாஞ்சாலி’யின் சுருக்கப் பதிப்புக்குச் சித்திரம் போட்டபோதுதான் நாவல் அவருக்குள் படமாகத் தொடங்கியது. 1955-ல் படம் வந்தது. அதற்கு முழுத் திரைக்கதைப் பிரதி கிடையாது, சித்திரங்களும் குறிப்புகளும்தான். பிற்பாடு போஸ்டர், டைட்டில், ஆங்கில எழுத்துரு வரை தானே வரைந்தார். எதை எங்கே வைப்பது, எதை வெட்டுவது என்று ஓயாமல் தீர்மானிக்கிற கை.

அவர் வேலைக்குச் சேர்ந்த அதே 1943-ல் வங்காளத்தில் பஞ்சம். சுமார் 30 லட்சம் பேர் செத்தார்கள். முப்பது வருஷம் கழித்து, 1973-ல், அதைப் பற்றி ‘அஷானி சங்கேத்’ எடுத்தார், வண்ணத்தில். செழித்த பச்சை, வண்ணத்துப்பூச்சிகள். பெர்லினில் தங்கக் கரடி கிடைத்தது. பசியை அழகாக்கிவிட்டார் என்ற புகாரும் கூடவே வந்தது. புகாரை நான் ஏற்கவில்லை. பயிர் பொய்த்ததால் மட்டும் வந்த பஞ்சமல்ல அது. யுத்தம், பதுக்கல், எட்டாத விலை. வெடித்த மண்ணைக் காட்டியிருந்தால் குற்றம் வானத்தின்மேல் போயிருக்கும். பச்சை அப்படியே இருக்கப் பக்கத்தில் மனுஷன் சாகிறான் என்பதுதான் விஷயம். (வண்ணத்துப்பூச்சிகள் மட்டும் என்னை இன்னும் உறுத்துகின்றன.)

ஆனால் இந்த வாதத்தை நீலகிரிக்குக் கொண்டுவர முடியாது. இங்கே பச்சையே செய்யப்பட்ட பொருள். தன் போக்கில் விட்டால் தேயிலை மரமாகிவிடும். இடுப்பளவில் பாய் விரித்த மாதிரி அது நிற்பது நாலைந்து வருஷத்துக்கொரு தடவை விழும் கவாத்துக் கத்தியாலும், ஓயாத விரல்களாலும். கவாத்து முடிந்து பழுப்புக் குச்சிகளாக நிற்கும் மலையை நான் எந்தப் பாட்டுக் காட்சியிலும் பார்த்ததில்லை. நடுவே நிற்கும் சில்வர் ஓக் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தது. ஊட்டி ஏரி 1820-களில் சல்லிவன் உண்டாக்கியது. 1964 ஒப்பந்தத்துக்குப் பின் இலங்கையிலிருந்து அனுப்பப்பட்டவர்களுக்கு வேலை கொடுப்பதற்காக 1968-ல் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் தொடங்கின. இந்தப் பச்சைக்குள் ஒரு ஒப்பந்தமும் ஒரு கப்பலும் இருக்கின்றன. கையை வெட்டிவிட்டுப் பச்சையை மட்டும் வைத்துக்கொண்டால் அது விளம்பரம். எடுத்தவன் திறமைசாலியாக இருக்க இருக்க விளம்பரம் கச்சிதமாகிறது.

‘மூன்றாம் பிறை’ (1982) இந்த மலையின் வெளிச்சத்துக்கும் மூட்டத்துக்கும் நேர்மையாக இருக்கிற படம். பாலு மகேந்திரா இலங்கையில் பிறந்தவர். ஆனாலும் அந்தப் படத்தின் மலை ஒரு வாத்தியாரின் தனிமைக்கு உரியது. அதே கடலைத் தாண்டி இங்கே வந்து கொழுந்து பறித்தவர்களுக்கு உரியதல்ல. ஒரு காதல் கதையிடம் இதைக் கேட்பது அநியாயம் என்பார்கள். இருக்கலாம்.

1962-ல் ரே எடுத்த ‘காஞ்சன்ஜங்கா’வும் மலைவாசஸ்தலத்தின் படம்தான், தார்ஜிலிங். அவருடைய முதல் வண்ணப் படம். வேறொருவர் முதல் காட்சியிலேயே சிகரத்தை வைத்திருப்பார். ரே படம் முழுக்க அதை மூட்டத்தில் மறைத்துவைக்கிறார். கடைசியில் மூட்டம் விலகும்போது, அதைப் பார்க்கக் காத்திருந்த பெரிய மனிதர் குடும்பத்தைத் தேடிக் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார். பிச்சை கேட்டுத் திரிந்த நேபாளிச் சிறுவன் பாடிக்கொண்டிருக்கிறான். வடிவமைப்பாளனின் கை தன் லாபத்தைத் தானே ஒத்திப்போட்ட இடம் அது.

ஆனால் தார்ஜிலிங் சரிவுகளிலும் தேயிலை உண்டு. ரேயின் மனிதர்கள் உலாவும் பாதையை விட்டு அங்கே இறங்குவதில்லை. அந்தப் பாக்கி அவரிடமும் நிற்கிறது.