பெயர் யாருடையது?

1994ஆம் ஆண்டு என் மூத்த மகனுக்குத் திருமணம் நிச்சயமாயிற்று. சோழபுரத்தில் எங்கள் வீட்டிலிருந்து மாப்பிள்ளை ஊர்வலம் புறப்பட வேண்டும். ஊர்வலம் என்றால் பேண்டு செட் வேண்டும். இராசபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் வட்டாரங்களில் அந்நாளில் நல்ல பெயர் பெற்றிருந்த ஒரு செட்டுக்கு முன்பணம் கொடுத்துவிட்டு வந்தேன். 1968இல் என்னுடைய திருமணத்துக்கு வந்ததும் அதே செட்டுதான். பெரிய டிரம்மின் தோலில் சிவப்பு வண்ணத்தால் வளைத்து எழுதிய அந்தப் பெயரும் மாறவில்லை. இருபத்தாறு ஆண்டுகளுக்குப் பிறகு தந்தைக்கு வாசித்த செட்டே மகனுக்கும் வாசிக்கப் போகிறது என்பதில் எனக்கு ஒரு பெருமை இருந்ததை மறைப்பானேன்?

மூன்று நாள் கழித்து ஒரு பெரியவர் வாசலில் வந்து நின்றார். எனக்கு அடையாளம் தெரியவில்லை. அவரே சொன்ன பிறகுதான், என் ஊர்வலத்தில் முன்னால் நடந்து கிளாரினெட் ஊதிய மாஸ்டர் அவர் என்பது புரிந்தது. வாயில் முன்பற்கள் இல்லை. கிளாரினெட் ஊதுகிறவனுக்குப் பல் போனால் தொழில் போயிற்று. மேற்பல் வாத்தியத்தின் வாயைத் தாங்கிப் பிடிக்க, கீழுதடு ரீடை அணைத்துக் கொடுத்தால்தான் நாதம் வரும். பல் இல்லாத வாயில் காற்றுத்தான் வரும். அவர் ஊத முடியாமற் போனதும், அவரிடம் கற்ற இளைஞர்கள் செட்டைத் தாங்களே நடத்தலானார்கள். பங்கும் நின்றது, பின்னர் அழைப்பும் நின்றது.

"பாய், அவர்களையே வைத்துக்கொள்ளுங்கள். நன்றாகத்தான் வாசிக்கிறார்கள். டிரம்மில் இருக்கிற பெயரை மட்டும் ஒரு துணி போட்டு மூடச் சொல்லுங்கள். அது நான் வைத்த பெயர்" என்றார்.

பணம் கேட்டிருந்தால் கொடுத்தனுப்பியிருப்பேன். அவர் கேட்டது அதனினும் சிறியது போலத் தோன்றிற்று. எண்ணிப் பார்க்கப் பார்க்க மிகப் பெரியதாயிற்று. ஒரு குழுவின் பெயர் யாருடையது? அதை உண்டாக்கியவனுடையதா, இன்று அதில் உழைப்பவனுடையதா, பத்திரத்தில் எழுதி வைத்திருப்பவனுடையதா, அல்லது அந்தப் பெயரைக் கேட்டு நம்பிப் பணம் கொடுக்கும் என் போன்றவனுக்கும் அதில் ஏதேனும் உரிமை உண்டா? இவ்வினாவை நான் அன்று ஒழுங்காக எண்ணிப் பார்க்கவில்லை. பின்னர் பல ஆண்டுகள் அது என்னை விட்டதுமில்லை.

கண்மாய்த் தண்ணீரைச் சொல்லி இதற்கு எளிதாக விடை கூறிவிடலாம். மேற்கு மலையில் மழை பெய்தால் கண்மாய் நிறைகிறது, கோடையில் வற்றுகிறது. சென்ற ஆண்டுத் தண்ணீரில் ஒரு துளிகூட இந்த ஆண்டில் இல்லை. ஆயினும் அதே கண்மாய், அதே பெயர். குழுவும் அப்படித்தான், ஆட்கள் வருவார்கள், போவார்கள், பெயர் நிற்கும். கிரேக்க நாட்டு அறிஞர்களும் இதே புதிரை ஒரு கப்பலை வைத்துப் பேசினார்கள். தீசியஸ் என்ற வீரனின் கப்பலில் உளுத்த பலகைகளை ஒவ்வொன்றாக மாற்றிக்கொண்டே வந்தார்களாம். எல்லாப் பலகையும் மாறிய பின் அது பழைய கப்பலா, புதிய கப்பலா என்று வாதிட்டதாகப் புளூட்டார்க் எழுதி வைத்திருக்கிறார். அழகான புதிர்தான். ஆனால் கழற்றிப் போட்ட பலகை ஒருநாளும் நம் வாசலில் வந்து நின்று, "பெயரைத் துணி போட்டு மூடுங்கள்" என்று கேட்பதில்லை. மனிதர் சேர்ந்த குழுவில் மாற்றப்பட்டவருக்குத் தாம் மாற்றப்பட்டது தெரியும். கப்பல் உவமை உதவாமற் போகும் இடம் இதுவே.

ஆள் மாறுவதே அநீதி என்று சொல்ல வரவில்லை. நம் நாடகக் கம்பெனிகளை எண்ணிப் பாருங்கள். சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை அமைத்தார். நடிகர் அனைவரும் சிறுவர்கள். டி.கே.எஸ். சகோதரர்கள் அங்கே பயின்றவர்கள். 1925இல் ஸ்ரீ பால சண்முகானந்த சபை என்று தமக்கென ஒன்றைக் கண்டார்கள். எம்.ஜி.ஆரும் அவர் தமையனார் சக்கரபாணியும் சிறுவயதில் சேர்ந்த மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியும் அவ்வகையினதே. 'பாய்ஸ்' என்ற பெயரிலேயே ஒரு கடுமையான சட்டம் அடங்கியிருந்தது. சிறுவன் வளர்வான், குரல் உடையும், உடைந்தால் இராஜபார்ட்டுப் பாட்டுப் பாட முடியாது. பி.யு. சின்னப்பா போன்ற பெரும் பாடகருக்கே அந்தக் கதி நேர்ந்தது. ஆக, ஆள் மாறாவிட்டால் அந்தக் கம்பெனிக்கு உயிரில்லை. சேரும்போதே எல்லாரும் அதை அறிவார்கள். நாடகம் பார்க்க வருகிறவரும் கம்பெனியின் பெயரை நம்பி வந்தாரேயன்றி, பத்தாண்டுக்கு முன் பார்த்த அதே பையன் வருவான் என்று எதிர்பார்த்து வரவில்லை. எவரும் எவரையும் ஏமாற்றவில்லை. ('ஒரிஜினல்' என்ற சொல்லை எதற்காகச் சேர்த்தார்கள் என்று எண்ணும்போது மட்டும் எனக்குச் சற்றுச் சிரிப்பு வரும். பெயருக்குப் போட்டி என்பது நம் காலத்து நோய் மட்டுமன்று போலும்!)

ஆளின் பெயரே குழுவின் பெயராக அமைந்துவிடும்போது செய்தி வேறாகிறது. இசையமைப்பாளர் சி.ஆர். சுப்பராமன் 1952இல் இளம் வயதிலேயே மறைந்தார். அவரிடம் உதவியாளராயிருந்த இருவர், அவர் விட்டுச் சென்ற படங்களை முடித்துக் கொடுத்தார்கள். பின்னர் விஸ்வநாதன் - ராமமூர்த்தி என்று இணைந்து ஏறத்தாழப் பதின்மூன்று ஆண்டுகள் தமிழ்த் திரையிசையை ஆண்டார்கள். ராமமூர்த்தி வயதில் மூத்தவர். ஆயினும் பெயர் பின்னால் நின்றது. 1965இல் பிரிந்தார்கள். பிரிந்த பின் இருவரில் எவரும் இணைந்த பெயரைத் தமக்கென வைத்துக்கொள்ளவில்லை என்பதை நான் பெரிதாக மதிக்கிறேன். 1965க்குப் பிறகு வந்த படத்தில் விஸ்வநாதன் என்று கண்டால் விஸ்வநாதன் மட்டுமே. ராமமூர்த்தி என்று கண்டால் ராமமூர்த்தி மட்டுமே. வாங்குகிறவனுக்கு ஐயமில்லை. முப்பதாண்டு கழிந்து 1995இல் 'எங்கிருந்தோ வந்தான்' படத்துக்காக இருவரும் மீண்டும் சேர்ந்தபோதுதான் அந்த இரட்டைப் பெயரும் திரும்பிற்று.

இவர்களிடம் உதவியாளராயிருந்த சங்கர் - கணேஷ் இருவரும் 1967இல் 'மகராசி' படத்தின் வழியே இரட்டையராக அறிமுகமானார்கள். சங்கர் காலமான பிறகும் கணேஷ் அந்தப் பெயரை விடவில்லை. இன்றும் 'சங்கர் கணேஷ்' என்றே அவர் அழைக்கப்படுகிறார். ஒருவரே இருவர் பெயரில் வாழ்கிறார். இதை எவரேனும் மோசடி என்று சொன்னதுண்டா? நான் கேட்டதில்லை. விஸ்வநாதன் பெயரைப் பிரித்ததை நேர்மை என்கிறோம். கணேஷ் பெயரைப் பிரிக்காததை நன்றி என்கிறோம். ஒன்றுக்கொன்று முரணான இரு செயல்களும் எப்படி நல்லனவாயின?

முதல் நிகழ்ச்சியில் மற்றவர் உயிரோடிருக்கிறார். அவருக்கும் அந்தப் பெயரில் பாதி உரிமை உண்டு. அவரை வெளியே நிறுத்திவிட்டு முழுப் பெயரையும் ஒருவர் எடுத்துக்கொள்வது வரம்பு மீறல். இரண்டாவதில் மற்றவர் போய்விட்டார். அவர் பெயரை நீக்குவதுதான் அவரை வெளியே தள்ளுவதாகும். பெயர் ஒன்றே, வைத்துக்கொள்ளும் முறையும் ஒன்றே. ஆனால் போனவரை நினைக்க வைத்துக்கொள்வது ஒன்று, இருப்பவரை மறக்க வைத்துக்கொள்வது இன்னொன்று. இவ்வளவு தூரம் வந்தபோது என் மாஸ்டரின் வழக்கு தீர்ந்துவிட்டதென்றே எண்ணினேன். தீரவில்லை.

அமெரிக்க நாட்டு நிகழ்ச்சி ஒன்று இதில் எனக்கு மிகவும் பயன்பட்டது. 1960களின் நடுவில் அங்கே தெருவுக்குத் தெரு இளைஞர்கள் கிட்டார் குழு அமைத்தார்கள். வீட்டில் கார் நிறுத்தும் கொட்டகையே பயிற்சிக்கூடம் என்பதால் அந்த முரட்டு இசைக்குக் 'கராஜ் ராக்' என்றே பெயர் விழுந்தது. அதில் மனத்தை மயக்கும் விசித்திர ஒலிகளைக் கலந்தபோது 'சைக்கடெலிக்' என்றார்கள். லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் அவ்வாறு எழுந்த குழு ஒன்றின் பெயர் எலக்ட்ரிக் புரூன்ஸ். புரூன் என்பது உலர்ந்த பிளம்ஸ் பழம். மின்சார உலர்பழம் என்று பொருள்! எவரும் மறக்க முடியாத பெயர் வேண்டுமென்று வைத்தார்கள்; அதுவே பின்னர் அவர்களுக்கு வினையாயிற்று. ஜேம்ஸ் லோ பாடினார்; மார்க் டூலின் பேஸ் கிட்டார்; கென் வில்லியம்ஸ் கிட்டார். நேற்றிரவு அளவுக்கு மீறிக் கனாக் கண்டதாகச் சொல்லும் ஒரு பாட்டு 1967இன் தொடக்கத்தில் அமெரிக்க விற்பனைப் பட்டியலில் 11ஆம் இடம் வரை ஏறிற்று. நாடாவைப் பின்னோக்கி ஓட்டிப் பிடித்த கிட்டாரின் ரீங்காரம் அதன் தொடக்கத்தில் ஒரு பெரிய வண்டு பறப்பது போலக் கேட்கும்.

அவர்களுடைய இசைத்தட்டுகளைத் தயாரித்தவர் டேவ் ஹாசிங்கர். பெயரின் உரிமை அவர் கையில் இருந்தது. 1968இல் வெளிவந்த மூன்றாவது தட்டுக்கு, டேவிட் ஆக்சல்ராட் என்ற தேர்ந்த இசையமைப்பாளர் கிறிஸ்தவரின் பூசைப் பாடல்களை ராக் இசையில் எழுதிக் கொடுத்தார். கொட்டகையில் கேட்டுக் கேட்டுக் கற்ற இளைஞர்களுக்கு அத்தனை இசைக்குறிப்பையும் படித்து வேகமாக வாசிக்க வரவில்லை. நேரம் போகிறதென்று கூலிக்கு வாசிப்பவர்களையும் கனடா நாட்டுக் குழு ஒன்றையும் அழைத்து முடித்தார்கள். அட்டையில் மட்டும் பழைய பெயர். அதே ஆண்டு வந்த அடுத்த தட்டும் ஆக்சல்ராட் எழுதியதே; கூலிக் கலைஞர்கள் வாசித்தது; அதிலும் அதே பெயர்தான். 1969இல் முற்றிலும் வேறான இளைஞர்கள் 'எலக்ட்ரிக் புரூன்ஸ்' ஆனார்கள். பெயரைக் கண்டவர்கள் தங்கள் பெயரில் வேறு எவரோ வாசிப்பதைக் கடையில் இசைத்தட்டாகக் கண்டார்கள். அந்த இடைத்தட்டின் தலைப்பு, ஒரு சத்தியத்திலிருந்து விடுதலை என்று பொருள்படும். தலைப்பு வைத்தவர் இதை எண்ணி வைத்திருக்க மாட்டார். யூதர்களின் பழைய வழிபாட்டுப் பாடல் ஒன்றைத் தழுவியதால் வந்த தலைப்பு அது.

முப்பதாண்டு கடந்தது. 1999இல் லோ, டூலின், வில்லியம்ஸ் மீண்டும் கூடினார்கள். தலை நரைத்த பின் சொந்தப் பெயரில் மேடையேறினார்கள். டூலின் 2011இலும் லோ 2025 மே மாதத்திலும் மறைந்தார்கள்.

சட்டத்தைக் கேட்டால் ஹாசிங்கர் தவறு செய்யவில்லை. பெயர் அவருடையது, யாரை வேண்டுமானாலும் அதன் கீழ் வாசிக்க வைக்கலாம். ஆனால் விருதுநகர்ச் சந்தையில் வற்றல் மூட்டை வாங்குகிறவன் மேலே கிடக்கும் சிவந்த வற்றலைப் பார்த்து விலை பேசுகிறான். அடியில் சொத்தையை வைத்துக் கட்டினவன் மூட்டை தன்னுடையது என்று பத்திரம் காட்டினால் போதுமா? மூட்டையின் உரிமை வேறு. மூட்டையைப் பற்றிச் சொல்லும் சொல்லின் உண்மை வேறு. கூலிக்கு வாசித்தவர்கள் சொத்தை அல்லர்; உண்மையில் அவ்விளைஞர்களைவிடத் தேர்ந்தவர்கள். இருந்தும் அட்டை சொன்னது மெய்யன்று.

என் மாஸ்டரின் சீடர்கள் அவ்வாறு வெளியிலிருந்து வந்தவர்களும் அல்லர். இங்கேதான் வழக்குக் கடினமாகிறது. பதினைந்து ஆண்டுகளாக வெயிலிலும் தூசியிலும் அந்தப் பெயரைத் தோளில் சுமந்து நடந்தவர்கள் அவர்கள். 1968இல் அந்தப் பெயருக்கு இருந்த மதிப்பு மாஸ்டருடையது. 1994இல் இருந்த மதிப்பில் பெரும்பகுதி அவர்களுடைய மூச்சு. பெயரை விட்டுவிடுங்கள் என்று அவர்களுக்குச் சொன்னால், அவர்களுடைய இளமையையும் சேர்த்து விட்டுவிடச் சொல்வதாகாதா? அவர்களுக்கும் குடும்பம் உண்டு. புதுப் பெயரில் அடுத்த முகூர்த்தத்துக்கு யார் அழைப்பார்கள்?

பெயரைச் சொத்தாக எண்ணும்வரை இதற்கு விடை கிடைக்காது என்றே இன்று கருதுகிறேன். சொத்து என்றால் ஒருவருக்கு உண்டு, ஒருவருக்கு இல்லை. நம் வீடுகளில் அமானிதம் என்றொரு சொல் புழங்குகிறது. கையில் இருக்கும், ஆனால் தனக்கு மட்டும் உரியதாயிராது. பயன்படுத்தலாம், கொடுத்தவனை மறைக்கக் கூடாது. மாஸ்டர் பெயரை அவர்களிடம் விட்டது அப்படித்தான், பல் விழுந்த நாளில், வேறு வழியின்றி. அவர்கள் பெயரை மூடியிருக்க வேண்டியதில்லை. டிரம்மில் அந்தப் பெயருக்குக் கீழே அவர் பெயரைச் சிறிய எழுத்தில் எழுதி, ஊர்வலத்தில் அவரைக் கையில் கோலோடு முன்னால் நடக்க விட்டு, ஒரு பங்கு கொடுத்திருந்தால் போதும். ஊதத்தான் பல் வேண்டும், நடப்பதற்கு வேண்டியதில்லை.

என்னையும் விட்டுவிட முடியாது. நான் அந்தச் செட்டை அமர்த்தியது அவர்கள் வாசிப்பைக் கேட்டு அன்று. பெயரைக் கண்டு, என் திருமணத்தை நினைத்து அமர்த்தினேன். அந்த நினைவுக்குரியவர் வாசலில் வந்து நின்றபோது, "இது உங்களுக்குள் இருக்கிற தகராறு, மாஸ்டர். நான் என்ன செய்ய முடியும்?" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். ஒரு முழத் துணி! சம்பந்தி வீட்டார் என்ன நினைப்பார்கள் என்ற கூச்சம்தான் காரணம், வேறொன்றுமில்லை.

ஊர்வலம் சிறப்பாக நடந்தது. இரண்டு மாதம் கழித்து மனம் கேளாமல் அவர் வீட்டைத் தேடிப் போனேன். திண்ணையில் உட்கார்ந்திருந்தார். பழங்கதை எதையும் அவர் எடுக்கவில்லை. தேநீர் வந்த பிறகு, "பள்ளிவாசல் தெருவில் திரும்பினதும் என்ன வாசித்தார்கள், பாய்?" என்று கேட்டார். எனக்கு நினைவில் இருந்தது. ஒரு பழைய படப் பாட்டின் முதலடியைச் சொன்னேன். அதற்கடுத்து என்ன வந்திருக்குமென்று அவரே சொன்னார், அதற்கடுத்ததையும் சொன்னார். வீட்டு வாசல் வரை ஒவ்வொன்றாக, ஒன்றுகூடத் தவறாமல் சொல்லிக்கொண்டே வந்தார்.

"வரிசையை மாற்றவில்லை" என்றார். பிறகு தேநீரைக் குடித்தார்.