கோட்டுக்கு வெளியே நிற்கிறவன்



இந்த மாதம் ஒரு ஹாக்கி ஆட்டக்காரரைப் பற்றி எழுதும்படி ஆவியானவர் என்னை ஏவினார். "என்ன பிரதர், சபைப் பத்திரிகையில விளையாட்டுச் செய்தியா?" என்று கேட்காதீர்கள். எறும்பைப் பார்த்துப் புத்தி படிக்கச் சொன்ன தேவன், ஒரு மனுஷனைப் பார்த்துப் படிக்க வேண்டாம் என்றா சொல்லுவார்? பவுல் அப்போஸ்தலனும் பந்தயச் சாலையில் ஓடுகிறவர்களைக் காட்டித்தானே கொரிந்து சபைக்குப் புத்தி சொன்னார்! பொறுமையாகக் கடைசிவரை வாசியுங்கள். முடிவிலே என்னுடைய வெட்கமான சாட்சி ஒன்று இருக்கிறது.

1980-ம் வருஷம். எனக்குப் பன்னிரண்டு வயது. அப்போது நம் ஊரப்பாக்கம் இப்படி இல்லை. ஜி.எஸ்.டி. ரோட்டைத் தாண்டினால் வயலும் ஏரியும்தான். ஜூலை 29, மாஸ்கோ ஒலிம்பிக்கில் ஹாக்கி இறுதி ஆட்டம். பக்கத்து வீட்டு ரேடியோவைச் சுற்றிப் பெரியவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். பிள்ளைகள் நாங்கள் திண்ணையில். வர்ணனை எங்களுக்குப் பாதி புரியும், பாதி புரியாது. ஆனால் ஒரு பெயர் மட்டும் காதில் விழும். "பாஸ்கரன்! நம்ம தமிழ்நாட்டுக்காரர்தான்டா கேப்டன்!" என்று ஒரு பெரியவர் எங்களுக்குச் சொன்னார்.

ஸ்பெயினுக்கு எதிராக இந்தியா 3-0 என்று முன்னாலே போனது. பிறகு ஸ்பெயின் அடுத்தடுத்து இரண்டு கோல் போட்டது. இருபது வயது முகமது ஷாஹித் நான்காவது கோலைப் போட்டார். ஸ்பெயின் மூன்றாவதையும் போட்டுவிட்டது. 4-3. அதோடு ஆட்டம் முடிந்தது. ஹாக்கியில் இந்தியாவுக்கு அது எட்டாவது ஒலிம்பிக் தங்கம். அதற்குப் பிறகு 2021-ல் டோக்கியோவிலும் 2024-ல் பாரிஸிலும் வெண்கலம் வந்தது. தங்கம் இன்னும் திரும்பி வரவில்லை.

அந்த வாசுதேவன் பாஸ்கரன் எடுத்த எடுப்பிலே சிகரத்தில் ஏறியவர் அல்ல, தேவ ஜனமே. நான்கு வருஷத்துக்கு முன், 1976 மான்ட்ரியல் ஒலிம்பிக்கிலும் அவர் ஆடினார். 1928 முதல் 1972 வரை ஹாக்கியில் ஒவ்வொரு ஒலிம்பிக்கிலும் பதக்கத்தோடு திரும்பின தேசம், அந்த வருஷம் ஏழாவது இடத்துக்குப் போனது. ஒலிம்பிக் ஹாக்கியில் முதல் முறையாகப் புல்தரைக்குப் பதிலாகச் செயற்கைத் தரை போட்டிருந்தார்கள். புல்லிலே பழகின கால்கள் அங்கே தடுமாறின. அந்த வெட்கத்தைப் பார்த்தவர்தான் மாஸ்கோவுக்குத் தலைவராய்ப் போனார். சோவியத் படை ஆப்கானிஸ்தானுக்குள் நுழைந்ததைக் கண்டித்துப் பல தேசங்கள் வரவில்லை. ஆறே அணிகள். டான்சானியாவை 18-0 என்றும் கியூபாவை 13-0 என்றும் ஜெயித்த நம் பையன்கள், போலந்தோடு 2-2 என்று சமன் செய்தார்கள். போலந்து என்ற பெயரை மனதிலே வைத்துக்கொள்ளுங்கள், மறுபடியும் வரும்.

1981-ல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. சரி, கதை அதோடு முடிந்ததா? இல்லை. மட்டையைக் கீழே வைத்தவர், பிற்பாடு பயிற்சியாளராய்த் திரும்பி வந்தார்.

2000-ம் வருஷம் சிட்னி ஒலிம்பிக். பாஸ்கரன்தான் இந்திய அணிக்குக் கோச். கடைசி லீக் ஆட்டம். எதிரே யார்? அதே போலந்து! ஜெயித்தால் அரையிறுதி. இந்தியா 1-0 என்று முன்னாலே இருக்கிறது. ஆட்டம் முடிய ஏறக்குறைய இரண்டே நிமிடம். வீட்டிலே டி.வி. முன்னால் நான் எழுந்தே நின்றுவிட்டேன். அந்த நேரத்தில் போலந்து ஒரு கோல் போட்டது. 1-1. கதவு அடைபட்டது. இந்தியா ஏழாவது இடம்.

கவனித்தீர்களா? ஆட்டக்காரனாய் ஏழாவது. தலைவனாய்த் தங்கம். கோச்சாய் மறுபடியும் ஏழாவது. 2006-ல் ஜெர்மனியில் நடந்த உலகக் கோப்பைக்கும் அவர் கோச்சாய்ப் போனார். பன்னிரண்டு அணிகளில் இந்தியா பதினோராவது. ஒரு தங்கத்தை வீட்டில் வைத்துக்கொண்டு, நாலு பேர் கைதட்டும் மேடைகளில் காலம் கழித்திருக்கலாம். பேர் கெட்டுப்போகும் என்று தெரிந்தும் திரும்பத் திரும்பக் கோட்டுக்கு வெளியே வந்து நின்றார். 1980-ல் போலந்தோடு சமன் ஆனபோது களத்துக்குள்ளே இருந்தார், அடுத்து வந்த ஆட்டங்களில் தன் கையாலே சரிசெய்ய முடிந்தது. 2000-ல் அந்தக் கோல் விழுந்தபோது வெள்ளைக் கோட்டைத் தாண்டி ஒரு அடி எடுத்துவைக்க அவருக்கு அனுமதி இல்லை.

இன்னொன்றும் சொல்லுகிறேன். ஒலிம்பிக்கில் அணி ஜெயித்தால் ஆட்டக்காரர்கள் கழுத்தில் பதக்கம் விழும். கோச்சுக்குப் பதக்கம் கிடையாது. தோற்றாலோ, முதல் கேள்வி அவரிடத்தில்தான் வரும்.

பிரியமானவர்களே, வேதத்திலே இப்படி ஒருவர் நிற்கிறார். உபாகமம் 3-ம் அதிகாரத்தை எடுத்து வாசித்துப் பாருங்கள். யோர்தானைக் கடந்து அந்த நல்ல தேசத்தைப் பார்க்க வேண்டும் என்று மோசே கெஞ்சுகிறார். நாற்பது வருஷம் ஜனத்தைச் சுமந்த மனுஷன்! இனி இந்தக் காரியத்தைப் பற்றி என்னோடே பேசாதே என்று கர்த்தர் நிறுத்திவிடுகிறார். மலையில் ஏறிக் கண்ணாலே பார்க்கலாம், கால் வைக்க முடியாது. அதே மூச்சிலே ஒரு வேலையும் கொடுக்கிறார்: யோசுவாவைத் திடப்படுத்து, அவனைப் பலப்படுத்து. மோசே கேட்டது கிடைக்கவில்லை, ஆனால் ஒரு பையன் கிடைத்தான்.

ரெவிதீமிலும் அப்படித்தான். யாத்திராகமம் 17. கீழே அமலேக்கியரோடே சண்டை. பட்டயம் யோசுவாவின் கையில். மோசே மலைமேல், கோட்டுக்கு வெளியே. அவருடைய கை ஏறினால் ஜெயம், தாழ்ந்தால் தோல்வி. அந்தக் கை எவ்வளவு வலித்திருக்கும்! ஆரோனும் ஊரும் இரண்டு பக்கமும் நின்று சூரியன் அஸ்தமிக்கும்வரை தாங்கினார்கள்.

இனி என் சாட்சி.

இருபத்திரண்டு வருஷம் நம் சபையில் ஆராதனைப் பாடல்களை நடத்தினேன் என்று உங்களுக்குத் தெரியும். 2022-ல் என் குரல் நாணில் கட்டி வந்தது, ஆப்பரேஷன் ஆனது. டாக்டர், "பேசலாம் ஐயா, பாட மட்டும் வேண்டாம்" என்றார். சபையாக உபவாசித்து ஜெபித்தீர்கள். பாஸ்டர் ஐயா என்னைக் கூப்பிட்டு, "வாலிபத் தம்பிகளைப் பழக்குங்க. உங்க இடத்துல அவங்க நிக்கட்டும்" என்றார். "சரிங்கையா" என்று வாய் சொன்னது. உள்ளம் சொல்லவில்லை. கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தேன். தம்பி பாடும்போது தாளம் எங்கே தப்புகிறது, சுருதி எங்கே விலகுகிறது என்று கணக்கு எடுத்தேன். அதற்கு விவேகம் என்று பேரும் வைத்துக்கொண்டேன்.

2023 மே மாதக் கன்வென்ஷன் இரண்டாம் நாள் ராத்திரி. கீபோர்டில் இரண்டு கட்டை ஏற்றி வைத்திருந்தார்கள். முதல் வரியிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது, இந்தத் தம்பிக்குச் சரணம் எட்டாது. நான் மேடைக்குப் பக்கத்தில், கீபோர்டு வாசிக்கிற பிள்ளைக்குக் கை எட்டும் தூரத்தில் உட்கார்ந்திருந்தேன். "ரெண்டு கட்டை இறக்குப்பா" என்று ஒரு வார்த்தை போதும். நான் சொல்லவில்லை. கையைக் கட்டிக்கொண்டேன். இரண்டாவது சரணத்தில் தம்பியின் குரல் உடைந்து நின்றுபோனது. பந்தல் முழுவதும் ஒரு நிமிஷம் அமைதி. அந்த அமைதியில் எனக்குள் ஒரு சின்ன சந்தோஷம் எட்டிப் பார்த்தது. தேவ சமுகத்தில் பொய் சொல்ல மாட்டேன். சந்தோஷம்தான்.

அந்தத் தம்பி அதற்குப் பிறகு மைக்கைத் தொடவில்லை. நானும் ஏன் என்று கேட்கவில்லை.

ஆகஸ்ட் மாதம், எழும்பூர் மேயர் ராதாகிருஷ்ணன் மைதானத்தில் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை நடந்தது. 12-ம் தேதி இறுதி ஆட்டம். அதே தம்பிதான் என் வீட்டுக்கு வந்து, "அண்ணே, உங்களுக்கு ஹாக்கின்னா உயிராச்சே, ரெண்டு டிக்கெட் வாங்கியிருக்கேன்" என்று என்னை ஊரப்பாக்கம் ஸ்டேஷனுக்குக் கூட்டிக்கொண்டு போனான். மலேசியாவோடு ஆட்டம். பாதி நேரத்தில் இந்தியா 1-3 என்று பின்னாலே. நான் ஆட்டக்காரர்களைப் பார்க்கவில்லை, ஏனோ என் கண் கோச்சின்மேலே போனது. கிரேக் ஃபுல்டன், தென்னாப்பிரிக்காவுக்காக இரண்டு ஒலிம்பிக்கில் ஆடின மனுஷன். இன்று கோட்டுக்கு வெளியே. ஓடிப்போய் ஒரு பந்தைக்கூட அவர் தடுக்க முடியாது. இடைவேளையில் பையன்களைச் சுற்றி நிறுத்திப் பேசினார். மூன்றாவது கால்பகுதியின் கடைசி நிமிஷத்தில் இரண்டு கோல்! 3-3. முடிவில் 4-3. நான் சிறுவனாய் ரேடியோவில் கேட்ட அதே கணக்கு!

மைதானமே எழுந்து ஆர்ப்பரித்தது. நான் உட்கார்ந்திருந்தேன். ஆவியானவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "அன்றைக்கு நீ கையைக் கட்டிக்கொண்டாயே, யாருக்காக?" மலைமேல் ஒருவர் கை வலிக்க வலிக்க ஏந்திக்கொண்டிருந்தார். நான் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். தலையைக் குனிந்து அழுதேன்.

திரும்பி வரும் செங்கல்பட்டு வண்டியில், தாம்பரம் தாண்டின பிறகு, தம்பியிடம் சொன்னேன். "தம்பி, கன்வென்ஷன் அன்னைக்கு கட்டை ஏறியிருந்தது எனக்குத் தெரியும்பா. வேணும்னேதான் சும்மா இருந்தேன். மன்னிச்சிடு."

அவன் வெளியே பார்த்துக்கொண்டே, "தெரியும்ணே. நீங்க கையைக் கட்டினதைப் பார்த்தேன்" என்றான்.

தெரிந்தும் எனக்கு டிக்கெட் வாங்கினான், பிரியமானவர்களே! வண்டலூர் வருகிறவரைக்கும் நாங்கள் இருவரும் பேசவில்லை. பிறகு அவனே, "செவ்வாய்க்கிழமை சாயங்காலம் வரட்டுமாண்ணே, சுருதி சொல்லிக்குடுப்பீங்களா?" என்றான்.

என் குரல் இன்றுவரை திரும்பி வரவில்லை. அதை மறைத்து எழுத மாட்டேன். ஆனால் ஞாயிற்றுக்கிழமை அந்தத் தம்பி பாட ஆரம்பிக்கும்போது, மேடைக்குப் பக்கத்தில் நின்று கையாலே தாளம் காட்டுகிறேன். அவன் சரணத்தில் ஏறும்போது என் மூச்சும் கூட ஏறுகிறது. கர்த்தருக்கே ஸ்தோத்திரம்!

தேவ ஜனமே, இதிலிருந்து மூன்று காரியங்கள்.

முதலாவது, களத்தைவிட்டு இறங்கினவர்களே, உங்கள் ஓட்டம் முடிந்துபோகவில்லை. முழங்கால் வலியால் வீடு சந்திக்கப் போக முடியாத அம்மாமார்களே, கண் மங்கிப்போன ஞாயிறு பள்ளி ஆசிரியர்களே, உங்களிடத்தில் கர்த்தர் ஒரு யோசுவாவைக் கேட்கிறார். அவன் பேரைச் சொல்லி ஜெபிக்கிறீர்களா? அவனுக்குத் தெரிந்ததைச் சொல்லிக்கொடுக்கிறீர்களா?

இரண்டாவது, வாலிபரே, கோட்டுக்கு வெளியே நிற்கிறவரை அற்பமாய் எண்ணாதீர்கள். அவரும் ஒருகாலத்தில் உள்ளே விழுந்து எழுந்தவர். அவர் கை சோர்ந்துபோனால், ஆரோனைப் போலவும் ஊரைப் போலவும் பக்கத்தில் போய் நில்லுங்கள்.

மூன்றாவது, ஏழாவது இடத்தைப் பார்த்து ஒருவருடைய உழைப்பை எடைபோடாதீர்கள். சிட்னியில் இரண்டு நிமிஷத்தில் கைநழுவினது பலகையில் எழுதப்பட்டது. அதற்கு முன்னால் மைதானத்தில் சிந்தின வியர்வையை எந்தப் பலகையும் காட்டவில்லை. பதக்கம் கிடைக்காத ஊழியத்தைப் பார்க்கிற தேவன் ஒருவர் இருக்கிறார். அந்தரங்கத்தில் பார்க்கிற பிதா அவர்.

இதை வாசிக்கிற உங்களில் யாராவது, மற்றவன் விழுந்தபோது உள்ளுக்குள் மகிழ்ந்திருக்கிறீர்களா? கட்டின கையை இன்றைக்கே அவிழ்த்துவிடுங்கள். அந்த ஆளின் வீட்டுக்குப் போங்கள். அவருக்கு ஒருவேளை ஏற்கெனவே தெரிந்திருக்கும். உங்கள் வாயிலிருந்து அது வருவதற்காக அவர் காத்திருக்கலாம்.

கர்த்தர் தாமே நம் சபையில் மோசேக்களையும் யோசுவாக்களையும் ஒருமனப்படுத்தி, ஊரப்பாக்கத்திலே எழுப்புதலைக் கட்டளையிடுவாராக! ஆமென். அல்லேலூயா!

கிறிஸ்துவின் பணியில்,
உங்கள் சகோதரன்