இரண்டு தங்கவயல்

காற்று சயனைட் மேட்டுப் பக்கமிருந்து வீசினால் கோலார் தங்கவயலின் (கே.ஜி.எஃப்) ஆண்டர்சன்பேட்டையில் கொடியில் காயும் துணி வெளிறிப்போகும். உதறினால் மாவு மாதிரி பறக்கும். மாவேதான்: பாறையை அரைத்து, சயனைட் கரைசலில் பொன்னைப் பிரித்து எடுத்துக்கொண்ட பிறகு மிஞ்சிய தூள். நூற்றிருபது ஆண்டுகளாக அரைத்துக் கொட்டியது ஏறத்தாழ 3 கோடியே 30 லட்சம் டன் என்பது கணக்கு. புல் முளைக்கத் தயங்கும் அந்த மேட்டில்தான் ‘கே.ஜி.எஃப்’ கன்னடப் படத்துக்கு செட் போட்டார்கள். 2018 டிசம்பரில் முதல் பாகம், 2022 ஏப்ரலில் இரண்டாம் பாகம். அன்றிலிருந்து தங்கவயல் இரண்டு.

நிஜத்தில் ஒரு கீறல் விழுந்து, எதிரே கண்ணாடியில் தெரிவதுபோல் இன்னோர் உலகம் முளைப்பதாக அறிவியல் கதைகளில் வரும். அதே தெரு, அதே பெயர், இடம் மட்டும் வலமாகியிருக்கும். கதைகளில் அதற்கு இயந்திரமோ விபத்தோ வேண்டும். இங்கே ஒரு கேமரா போதுமானதாக இருந்தது. மனிதர்கள் வாழ்ந்துகொண்டிருக்கிற ஊரின் பெயரில் இப்படியொரு எதிர் உலகத்தைக் கட்டுகிறவர், அந்த ஊர்க்காரர்களுக்கு ஏதாவது கடன்பட்டவரா?

இல்லை என்று சொல்பவர்களின் கட்சி லேசானதல்ல. ஊரைக் கேட்டுத்தான் கதை எழுத வேண்டுமென்றால் கதையே மிஞ்சாது. மதுரைக்காரர்கள் எல்லாரும் அரிவாளோடு அலைவதாகத் தமிழ் சினிமா எத்தனை வருடமாகக் காட்டுகிறது. மதுரை அதைச் சிரித்தே கடக்கிறது. ‘கே.ஜி.எஃப்’ படத்தின் தொடக்கத்தில் ‘யாவும் கற்பனையே’ என்று அட்டை போட்டாயிற்று. தங்கவயல் இளைஞர்களும்தான் விசிலடித்துப் பார்த்தார்கள். அவர்களுடைய சந்தோஷத்தை அறியாமை என்று ஒதுக்க யாருக்கும் உரிமையில்லை. 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கம் மூடப்பட்டபோது திரும்பிப் பார்க்காத நாடு, படம் வந்த பிறகாவது இந்த ஊர் எங்கே இருக்கிறதென்று தேடியது.

இவ்வளவையும் ஒப்புக்கொண்ட பிறகும் ஒன்று உறுத்துகிறது. கண்ணாடி எதை இடம்வலம் மாற்றியது என்பதே அது. படத்தில் தங்கம் கண்டெடுக்கப்படுவது 1951இல். ஊரார் கண்ணில் படாத நராச்சி என்ற சுரங்கம், உள்ளே அடிமைகள், பம்பாயிலிருந்து வந்து அவர்களுக்கு மீட்பனாகிற ஒருவன். நிஜத்தில் 1951இல் இந்தச் சுரங்கத்துக்கு வயது எழுபது. ஜான் டெய்லர் கம்பெனி வந்தது 1880இல். 1902இலேயே சிவசமுத்திரத்திலிருந்து மின்சாரம் வந்துவிட்டது. வடாற்காடு, சேலம், சித்தூர் பக்கமிருந்து வந்து இறங்கியவர்களில் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட சாதியினர். மூங்கில் தட்டி வீடுகளில் குடியிருந்து, சாம்பியன் ரீஃப் சுரங்கத்தில் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே இறங்கினார்கள். பாறை தன் அழுத்தம் தாங்காமல் வெடிக்கும், அகப்பட்டவர் அகப்பட்டவர்தான். 1940களிலேயே அவர்கள் நுரையீரலைச் சோதித்து சிலிகோசிஸ் என்று எழுதி வைத்திருக்கிறார்கள் மருத்துவர்கள்.

ஆகவே கொடுமையைக் கூட்டிச் சொன்னதாகப் படத்தின்மேல் வழக்குப் போட முடியாது. அசலிலும் கொடுமைக்குக் குறைவில்லை. படத்தில் காணாமல் போனது தொழிலாளியின் வாய். 1930இல், கைரேகை வைத்துப் பதிவு செய்ய வேண்டுமென்று நிர்வாகம் சொன்னபோது, குற்றவாளிகளா நாங்கள் என்று மூன்று வாரம் சுரங்கத்தில் இறங்க மறுத்தவர்கள் இவர்கள். 1946 நவம்பரில் போலீஸ் துப்பாக்கிச்சூட்டில் ஆறு பேரைப் பலி கொடுத்தவர்கள். தலித் சிந்தனையாளர் அயோத்திதாசரின் பௌத்த சங்கத்துக்கு மாரிகுப்பத்திலும் சாம்பியன் ரீஃபிலும் கிளை கண்டவர்கள். அவர் மறைந்து வெகுநாள் கழித்து, அவருடைய ‘தமிழன்’ பத்திரிகையை 1926இல் அப்பாதுரையார் மறுபடி நடத்தியது இங்கிருந்துதான். அயோத்திதாசரின் நூல்கள் சித்தார்த்தா புத்தகசாலை என்ற பெயரில் வெளியானதும் இங்கிருந்துதான். பகலில் பாறை உடைத்தவர்கள் இரவில் புத்தகம் அச்சிட்ட ஊர் இது. கண்ணாடிக்குள் இருக்கும் தங்கவயலில் ஒருவனுக்கும் எழுத்துத் தெரியாது. மீட்பன் வரும்வரை பேச்சும் வராது.

இதற்கு நேர் எதிர்க் கண்ணாடி ஒன்றும் உண்டு. 2024 ஆகஸ்டில் வந்த பா. இரஞ்சித்தின் ‘தங்கலான்’. அதிலும் வரலாறு அப்படியே இல்லை. மாயம் இருக்கிறது, பொன்னைக் காக்கும் பெண் இருக்கிறாள். ஒன்றை மன்னித்து மற்றதைக் குறை சொல்வது நம்மவர், அயலார் என்ற பாகுபாடுதானே என்று யாராவது கேட்டால் அது நியாயமான கேள்வி. உண்மைக்கு எவ்வளவு பக்கத்தில் நிற்கிறது என்பதை மட்டும் அளவுகோலாக வைத்தால் இரண்டுமே தேறாது. ‘தங்கலான்’ படத்தில் ஆசைப்படுவதும் ஏமாறுவதும் எழுந்து நிற்பதும் தோண்டுகிறவர்களே. அந்த ஒரு வித்தியாசம் சின்னதில்லை. ஆனால் அதன் காலம் 1850கள். சங்கமும் அச்சுக்கூடமும் வேலைநிறுத்தமும் இருந்த தங்கவயல் இரண்டு கண்ணாடிகளிலும் விழவில்லை.

படத்துக்குத் தடை கேட்பது வீண், தவறும்கூட. கடன் இருக்கும் இடம் தலைப்பு. கற்பனை ஊருக்கு நராச்சி என்று ஒரு கற்பனைப் பெயரை வைத்திருந்தார்கள். கேட்கவும் நன்றாகத்தான் இருந்தது. அதையே தலைப்பாக வைத்திருந்தால் இந்தப் பேச்சுக்கே இடமில்லை. வைக்கவில்லை, ஏனென்றால் கே.ஜி.எஃப் என்ற மூன்று எழுத்துக்குச் சந்தையில் ஏற்கெனவே ஒரு மதிப்பு இருந்தது. அதை ஏற்றியவர்கள் கீழே இறங்கி, சிலர் மேலே வராமலே போனவர்கள். அவர்கள் சம்பாதித்த பெயரைப் படத்தின் பெயராக்கிவிட்டு, யாவும் கற்பனையே என்று அட்டை போடுவது பொன்னை எடுத்துக்கொண்டு தூளைக் கொட்டிவிட்டுப் போகிற பழைய வேலைதான்.

சுரங்கம் போனபின் இந்த ஊரின் பிழைப்பு ரயிலில். விடியுமுன்னே மாரிகுப்பத்தில் ஏறினால்தான் பெங்களூரில் நேரத்துக்கு வேலைக்கு நிற்க முடியும். புதிதாகச் சேர்ந்த இடத்தில் எந்த ஊர் என்று கேட்பார்கள். கே.ஜி.எஃப் என்றதும் எதிரே இருப்பவர் முகம் மலரும். படத்தின் நாயகன் ராக்கி பாய் பேசும் வசனம் ஒன்று வரும். தாத்தா எந்த ஷாஃப்டில் இறங்கினார், எதற்காக இருமிச் செத்தார் என்று சொல்ல ஒரு மணி நேரமாவது வேண்டும். சாயங்கால ரயிலுக்கு அவ்வளவு நேரம் கிடையாது. பதில் வசனத்தைத் தங்கவயல்காரரே சொல்லிச் சிரித்துவிட்டுக் கிளம்புகிறார்.