டிப்ரீட்மென்ட்: ஒரு சொல்லும் சில கேள்விகளும்

1

ரண சிகிச்சையில் 'டிப்ரீட்மென்ட்' என்று ஒரு சொல் உண்டு. காயத்திலிருந்து செத்த சதையையும் அந்நியப் பொருள்களையும் வெட்டி அகற்றுவது என்று இன்றைய ஆங்கிலப் பாடப்புத்தகங்கள் இதற்கு அர்த்தம் தருகின்றன. சொல்லின் பூர்வீகம் வேறு. பிரெஞ்சில் 'ப்ரீத்' என்றால் கடிவாளம். 'தெப்ரீதே' என்றால் கடிவாளத்தைக் கழற்றுவது. 18ஆம் நூற்றாண்டில் பாரிஸின் ஓத்தெல்-தியே மருத்துவமனையில் கற்பித்து 1795இல் இறந்த பியேர்-ஜோஸஃப் தெஸோதான் இதை ரண சிகிச்சைக்குள் கொண்டுவந்தவர் என்று பொதுவாகச் சொல்லப்படுகிறது.

காயத்துக்குள் கடிவாளம் வந்தது எப்படி என்று புரிந்துகொள்ளக் கொஞ்சம் உடற்கூறு தேவை. கை கால்களின் தசைகள் உறுதியான சவ்வு உறைகளுக்குள் கட்டுக்கட்டாக அடங்கியிருக்கின்றன. குண்டு பாய்ந்த தசை வீங்கும். உறை விரிந்து கொடுக்காது. உள்ளே அழுத்தம் ஏற ஏற நுண்ணிய ரத்தக் குழாய்கள் நசுங்கும். குண்டு தொடாத தசைகூட ரத்தமில்லாமல் சாகத் தொடங்கும். அன்றைய ஸர்ஜன்களிடம் இந்த அழுத்தக் கணக்குகள் இல்லை. ஆனால் காயம் தன்னைத்தானே நெரித்துக்கொள்வதைக் கண்ணால் பார்த்திருந்தார்கள். உறையைக் கீறித் திறந்து நெரிப்பைத் தளர்த்துவதைத்தான் அவர்கள் தெப்ரீத்மான் என்றார்கள்.

இதில் கவனிக்கவேண்டிய ஒன்று இருக்கிறது. இங்கே வெட்டுப்படுவது செத்த பொருள் அல்ல. தன் வேலையை ஒழுங்காகச் செய்துகொண்டிருக்கிற, உயிருள்ள உறைதான் வெட்டுப்படுகிறது. அதன் குற்றம் அது உறுதியாக இருப்பது ஒன்றே. சாதாரண நாட்களில் தசையைத் தாங்கிப் பிடித்த அதே உறுதி, காயம்பட்ட நாளில் தசையைக் கொல்கிறது. ஆக, இந்தச் சொல் பிறக்கும்போது அழுகலோடு அதற்குச் சம்பந்தம் இருக்கவில்லை. நல்லதொன்று எந்த நிலையில் விலங்காகிவிடுகிறது என்று அறியும் விவேகத்தோடுதான் அதற்குச் சம்பந்தம்.

அர்த்தம் மாறியது 1914–18 யுத்தத்தில். தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தத்தை (1899–1902) பார்த்த பிரிட்டிஷ் ஸர்ஜன்கள், குண்டுக் காயங்களை அதிகம் தொந்தரவு செய்யாமல் விட்டால் அவை தாமாக ஆறும் என்ற அனுபவத்தோடு பிரான்ஸுக்கு வந்தார்கள். அங்கே இருந்தது வறண்ட புல்வெளி அல்ல. தலைமுறை தலைமுறையாக எருவிட்டு உழுத வயல்கள். வெடித்த ஷெல் துண்டுகள் சேற்றையும் சட்டைத் துணியையும் தசைக்குள் ஆழமாகத் திணித்தன. செத்த தசையில் காற்றில்லாமல் வளரும் கிருமிகள் பெருகின. வாயு அழுகல் நோய் கண்ட சிப்பாய்கள் ஓரிரு நாட்களில் செத்தார்கள். கிருமிநாசினியை மேலே ஊற்றிப் பயனில்லை. ரத்தம் போகாத இடத்துக்கு மருந்தும் போகாது. கிருமி வாழ்கிற செத்த சதையையே வெட்டி எடுத்துவிட்டு, காயத்தை உடனே தைத்து மூடாமல் திறந்து வைப்பது என்ற முறை அப்போதுதான் நிலைபெற்றது. பெல்ஜிய ஸர்ஜன் அன்த்வான் தெபாஜ் இதை வலியுறுத்தியவர்களில் முக்கியமானவர். பிரெஞ்சு ஸர்ஜன்களிடம் வெட்டி அகற்றுவதற்குப் 'பராஜ்' என்று தனிச்சொல் இருந்தது. ஆங்கிலம் பேசியவர்களோ தெப்ரீத்மானை எடுத்துக்கொண்டு, திறப்பது, அகற்றுவது இரண்டையும் அதற்குள் அடைத்தார்கள். நாளடைவில் அகற்றுவது மட்டும் மிஞ்சியது. கடிவாளம் மறந்துபோயிற்று.

2

மறந்துபோன இடத்தில் வேறொரு படிமம் வந்து உட்கார்ந்தது. ஆங்கிலம் பேசுகிற மருத்துவர்கள் பலர் இந்தச் சொல்லில் 'டெப்ரி'யைக் கேட்கிறார்கள்: இடிபாடு, குப்பை. இரண்டு சொற்களுக்கும் வேர் ஒன்றல்ல. ஆனால் செவியின் வியாகரணம் வேறு. கட்டுண்ட குதிரையை விடுவித்த சொல் குப்பை வாரும் சொல்லாக மாறியது இப்படித்தான். ஒன்றில் கவனம் பிழைக்கவேண்டியதன் மேல் இருந்தது. மற்றதில் ஒழியவேண்டியதன் மேல் இருக்கிறது.

சுச்ருத ஸம்ஹிதை சஸ்திர கர்மங்களை எட்டாகப் பிரிக்கும்போது, பிளந்து திறப்பதைப் பேத்யம் என்றும், வெட்டி எடுப்பதைச் சேத்யம் என்றும், சுரண்டுவதை லேக்யம் என்றும் தனித்தனியே நிறுத்துகிறது. ஆதியில் எல்லாம் எங்களிடம் இருந்தது என்று பெருமையடித்துக்கொள்ள இதைச் சொல்லவில்லை. கையிலிருப்பது ஒரே கத்தி; ஆனால் அது செய்யும் காரியங்கள் ஒன்றல்ல என்ற பிரக்ஞை அந்தப் பெயரிடுதலில் இருக்கிறது என்பதற்காகச் சொல்கிறேன்.

தமிழிலும் ஒரு மாற்றம் நடந்திருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் யாழ்ப்பாணத்தில் அமெரிக்க மிஷன் மருத்துவர் ஸாமுவேல் கிரீனின் முயற்சியில் வந்த ஸர்ஜரி நூலுக்கு 'இரண வைத்தியம்' என்று பெயர். ரண சிகிச்சை என்ற வழக்கும் நெடுநாள் இருந்தது. இன்று எல்லாமே அறுவை சிகிச்சை. பழைய சொல் காயத்தை வைத்துத் தன்னைப் பெயரிட்டுக்கொண்டது. புதிய சொல் கத்தியின் செய்கையை வைத்துப் பெயரிட்டுக்கொள்கிறது. ரணம் என்ற சொல்லுக்குத் தமிழில் புண் என்றும் போர் என்றும் இரண்டு அர்த்தம். வடமொழியின் இரு வேறு சொற்கள் தமிழுக்கு வந்து ஒரே உருவம் கொண்டது தற்செயல்தான் என்றாலும், இந்த வைத்தியம் எங்கே வளர்ந்தது என்பதை அந்தத் தற்செயல் சரியாகவே சொல்கிறது.

நம் ஆஸ்பத்திரி வார்டுகளில் டிப்ரீட்மென்டுக்கு என்ன பெயர்? சர்க்கரை வியாதியில் கால் புண்ணாகிப் படுத்திருப்பவரின் வீட்டாரிடம் "காயத்தைக் க்ளீன் பண்ணணும்" என்பார்கள். பயமுறுத்தக்கூடாது என்ற நல்லெண்ணத்தில் சொல்வதுதான். ஆனால் சுத்தம் செய்வதென்றால் அகற்றப்படுவது அழுக்கு என்றாகிறது. அழுக்கு வெளியிலிருந்து வந்து ஒட்டுவது. இதுவோ நேற்றுவரை அவர் நடந்த கால். நோயாளி கையெழுத்துப் போடுவது எதற்கு என்பதைச் சொல்லாமல் கையெழுத்தை வாங்கிவிடும் வேலையை 'க்ளீன்' என்ற சொல் சத்தமில்லாமல் செய்கிறது. விரல் போன பிறகு "க்ளீன் பண்றோம்னுதானே சொன்னாங்க" என்று கேட்கிறவர் அறியாமையால் கேட்கவில்லை. சொல்லை அதன் அர்த்தத்தில் எடுத்துக்கொண்டதால் கேட்கிறார்.

3

செத்தது எது என்று யார் தீர்மானிப்பது? பிரச்னையின் மையம் இது.

தசையைப் பொறுத்தவரை ஸர்ஜன்கள் நான்கு அடையாளங்களைப் பார்க்கிறார்கள். நிறம், பதம், இடுக்கியால் கிள்ளினால் சுருங்குகிறதா என்பது, வெட்டினால் ரத்தம் வருகிறதா என்பது. ரத்தம் கசியும் இடம்வரை வெட்டு, அங்கே நிறுத்து என்பது இந்த மரபின் சாரம். எங்கே நிறுத்தவேண்டும் என்பதை உயிரோடிருப்பது சொல்கிறது. செத்ததைப் பார்த்தால் வருகிற அருவருப்பு சொல்வதில்லை.

அங்கங்களைப் பொறுத்து விதியும் மாறுகிறது. தோல் லேசில் சாவதில்லை; ஆகவே ஓரத்தில் மிகக் கொஞ்சமாகவே வெட்டுவார்கள். நரம்பை முடிந்தவரை விட்டுவைப்பார்கள். உடைந்த எலும்பில், தசையோடோ மேற்சவ்வோடோ ஒட்டிக்கொண்டிருக்கும் துண்டை வைத்துக்கொள்வார்கள். எதனோடும் ஒட்டாமல் தனியே கிடப்பதை, பார்க்க எவ்வளவு நன்றாக இருந்தாலும், பொதுவாக எடுத்துவிடுவார்கள். தோற்றத்தைவிட உறவு முக்கியம். எதனோடு இணைந்து ரத்தம் பெறுகிறது என்பதுதான் கேள்வி.

இவ்வளவு விதிகளுக்குப் பிறகும் கண் ஏமாறுகிறது. செத்தது அல்லது சந்தேகத்துக்குரியது என்று ஸர்ஜன்கள் வெட்டியெடுத்த தசைத் துண்டுகளை மைக்ராஸ்கோப்பின் கீழ் வைத்துப் பார்த்த ஆய்வொன்று 2016இல் வெளிவந்தது. அவற்றில் கணிசமானவை இயல்பான தசையாகவோ லேசான அழற்சி மட்டுமே கொண்டவையாகவோ இருந்தன. அனுபவமுள்ள கைகள், நல்ல நோக்கம், நான்கு அடையாளங்கள். இருந்தும் உயிருள்ளது சாவின் கணக்கில் எழுதப்பட்டது. இதனால் ஸர்ஜன்கள் வெட்டாமல் இருந்துவிட முடியாது. செத்ததை விட்டுவைத்தால் ஆளே போய்விடுவார். தயக்கம் ஒரு நற்குணமாக இருக்க முடியாத தொழில் அது.

அதற்குப் பதிலாக அந்தத் தொழில் கண்டுபிடித்தது, திறந்து வைப்பதை. யுத்தக் காயத்தை முதல் நாளே தைத்து மூடக்கூடாது என்பது இன்றும் அடிப்படை விதி. கட்டுப்போட்டு வைத்துவிட்டுச் சில நாள் கழித்துத் திரும்பவும் பார்ப்பார்கள். நேற்றுச் சந்தேகத்துக்கு இடமாயிருந்தது இன்று தெளிவாகியிருக்கும். தன் தீர்ப்பு தவறக்கூடும் என்பதை ஒருவர் பணிவாக வாயால் சொல்வது சுலபம். அதைக் காயத்தின் மேலேயே ஒரு செயல்முறையாக எழுதிவைப்பது வேறு விஷயம்.

செத்ததையும் உயிருள்ளதையும் பிரிப்பதில் மனிதரோடு போட்டிபோடக்கூடிய ஒரு ஜீவன் இருக்கிறது: ஈப்புழு. நெப்போலியனின் ஸர்ஜன் லாரே, எகிப்து–ஸிரியா படையெடுப்பின்போது காயங்களில் புழு வைத்ததையும் அது அழுகலை மட்டும் தின்றதையும் எழுதியிருக்கிறார். அமெரிக்க ஸர்ஜன் வில்லியம் பேயர், போர்க்களத்தில் ஏழு நாள் கவனிப்பாரற்றுக் கிடந்த இரண்டு சிப்பாய்களை 1917இல் பார்த்தார். காயங்களில் புழு நெளிந்தது. புழுவை அகற்றியபோது கீழே ஆரோக்கியமான இளஞ்சிவப்புத் தசை தெரிந்தது. பின்னால் அவர் இதையே சிகிச்சையாக்கி 1931இல் எழுதினார். 2004இல் அமெரிக்க அரசின் மருந்துக் கட்டுப்பாட்டு நிறுவனம் இதற்காக வளர்க்கப்பட்ட புழுக்களை அனுமதித்தது. புழுவுக்குக் காயத்தைப் பற்றிக் கருத்தெதுவும் இல்லை. அதற்குத் தின்ன முடிவதைத் தின்கிறது, முடியாததை விடுகிறது. மனிதக் கையின் சிரமம், அதற்குப் பின்னால் ஒரு கருத்து இருப்பதுதான்.

4

இவ்வளவும் எதற்கென்றால், மருத்துவத்துக்கு வெளியே இந்தக் கத்தி படும் பாட்டைச் சொல்லத்தான். சமூகத்துக்கு அறுவை சிகிச்சை தேவை என்கிறார்கள். மரபில் அழுகியதை வெட்டி எறியவேண்டும் என்கிறார்கள். நம் சிறுபத்திரிகைகளில் ஒரு விமர்சகனைப் பாராட்ட வேண்டுமானால் ஈவிரக்கமற்ற ஸர்ஜன் என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. ராணுவத் தாக்குதலுக்குக்கூட 'ஸர்ஜிகல்' என்று அடைமொழி. அதில் நோயாளி யார் என்று ஒருவரும் கேட்பதில்லை. தாக்கப்படுகிற உடலைக் குணப்படுத்தும் உத்தேசம் தாக்குகிறவருக்கு இல்லை. உருவகம் அங்கேயே பொய்யாகிறது.

விமர்சனத்தில் உருவகம் அவ்வளவு அப்பட்டமாகப் பொய்யாவதில்லை. அதனால்தான் அது அதிக ஆபத்தானது. ஒரு மொழியின் இலக்கியத்தில் செத்துப்போன வழக்குகள் உண்டு. அவற்றை அகற்றத்தான் வேண்டும். ஆனால் கத்தியைக் கடன் வாங்கியவர்கள் அதோடு வந்த நிபந்தனைகளை ஸர்ஜனிடமே விட்டுவிட்டு வந்தார்கள். ரத்தம் வரும் இடத்தில் நிறுத்துவது ஒன்று. ரத்தம் வந்தால் தன் கூர்மைக்குச் சான்று கிடைத்ததாக நினைக்கிற விமர்சகன், ஸர்ஜன் நிறுத்துகிற இடத்தில் ஆரம்பிக்கிறான். துண்டின் தோற்றத்தைப் பாராமல் அது எதனோடு இணைந்திருக்கிறது என்று பார்ப்பது இரண்டாவது. ஒரு பழைய யாப்பு, ஒரு கூத்து, ஒரு வழிபாட்டுப் பாடல் இன்னும் யாருடைய வாழ்விலிருந்து ரத்தம் பெறுகிறது என்று கேட்காமல், புதுமைக்குப் பொருந்தாததெல்லாம் பிணம் என்று எழுதிவிட முடிகிறது நமக்கு. திறந்து வைத்துத் திரும்பவும் வந்து பார்ப்பது மூன்றாவது. நாம் தீர்ப்பு எழுதிய கையோடு தைத்துவிடுகிறோம். பத்து வருஷத்துக்கு முன் இறந்ததாக அறிவித்த நாவலாசிரியரைத் திரும்ப எடுத்துப் படித்தவர்கள் எத்தனை பேர்?

இந்த உருவகம் தமிழுக்குப் புதிதல்ல. குலசேகர ஆழ்வாரின் பெருமாள் திருமொழியில், தன்னை அறுத்துச் சுடுகிற மருத்துவனிடம் நோயாளி வைக்கும் அன்பு உவமையாகிறது. அங்கே பேசுகிறவன் கத்தியின் கீழே படுத்திருப்பவன். எலியட் தன் 'ஈஸ்ட் கோக்கர்' (1940) கவிதையில் ஸர்ஜனையே காயம்பட்டவனாக்குகிறார். நம் விமர்சன உருவகத்தில் மட்டும்தான் பேசுகிறவன் எப்போதும் கத்தியைப் பிடித்தவனாகவும், உடம்பில் கீறல்கூட இல்லாதவனாகவும் இருக்கிறான்.

டிப்ரீட்மென்டுக்குத் தமிழில் சொல் ஆக்குகிறவர்கள் 'இறந்த திசு அகற்றல்' போல ஒன்றைத்தான் ஆக்குவார்கள். இன்றைய உபயோகத்துக்கு அது சரியே. மூலத்துக்கு நெருங்கிய சொல் வேண்டுமென்றால் 'கட்டவிழ்ப்பு' இருக்கிறது. அதை நம்மவர்கள் சிலர் ஏற்கெனவே டெரிடாவின் 'டிகன்ஸ்ட்ரக்ஷ'னுக்குக் கொடுத்துவிட்டார்கள். ஸர்ஜன்கள் இதற்காக வருத்தப்படப்போவதில்லை. ஆனால் கட்டவிழ்ப்பு என்று எழுதுகிற ஒவ்வொரு தடவையும் எழுதுகிறவன் ஒரு கேள்விக்கு விடை வைத்திருக்க வேண்டும்: கட்டை அறுத்தபின் உள்ளே மூச்சுவிடப் போவது எது? அந்த இடத்தில் காட்டுவதற்கு ஒன்றும் இல்லையென்றால், நடந்தது ரண சிகிச்சை அல்ல, ரணம்தான். அந்தச் சொல்லின் இரண்டு அர்த்தத்திலும்.