நிறம் பிசகும் இடம்

கல்முனையிலிருந்து மட்டக்களப்பு வீதியில் வடக்கே போனால் பாண்டிருப்பு. அதைத் தாண்டியதும் மருதமுனை. கிழக்கே கடல், வளவுக்கு வளவு மணல். ஒரு காலத்தில் அநேகமான வளவுகளில் தறிச் சத்தமும் இருந்தது. சாரன், சேலை, படுக்கை விரிப்பு என்று இந்த ஊர்த் துணி நாடு முழுக்கப் போயிருக்கிறது. இந்தக் குறிப்புகள் அந்தத் துணியில் விழுகிற ஒரேயொரு குறையைப் பற்றியவை.

நெய்து இறக்கிய துணியை வெளிச்சத்தில் விரிக்கும்போது குறுக்கே ஒரு பட்டை மட்டும் மங்கித் தெரியும். சில வேளை நாலு விரல் அகலம், சில வேளை ஒரு முழம். நூல் அறுந்திருக்காது, இழை தவறியிருக்காது, கட்டங்கள் நேராகவே இருக்கும். கையால் தடவினால் எந்த வித்தியாசமும் இல்லை. கண்ணுக்கு மட்டும் தெரிகிற குறை அது.

ஆலைகளில் இதை வகை பிரித்துப் பெயரிட்டிருக்கிறார்கள். துணியின் குறுக்கே விழுந்தால் ‘பாரே’. கரைக்கும் நடுவுக்கும் நிறம் வேறுபட்டால் ‘லிஸ்டிங்’. துணியின் தொடக்கம் ஒரு நிறம், முடிவு ஒரு நிறம் என்றால் ‘எண்டிங்’. சாயம் இழைக்கு இழை ஒட்டாமல் திட்டுத்திட்டாக ஏறியிருந்தால் ‘ஸ்கிட்டரி’. தறியடியில் இத்தனை பெயர் இல்லை. பட்டை விழுந்திட்டு என்பார்கள், அவ்வளவுதான். அதைச் சொல்லும் குரலிலேயே அந்தத் துணிக்கு இனி என்ன விலை என்பது விளங்கிவிடும்.

*

தறியில் இருந்த ராத்தா ஒருவர் இரண்டு கழி நூலை எடுத்து என் கையில் தந்தார். இரண்டும் கறுப்பு. ஒன்றை வாசலுக்கு வெளியேயும் மற்றதை உள்ளேயும் வைத்துப் பார்க்கச் சொன்னார். எனக்கு எந்த வித்தியாசமும் தெரியவில்லை. பிறகு இரண்டையும் ஒட்டிப் பிடித்தார். ஒன்றில் மெல்லிய சிவப்பு ஓடியது, மற்றதில் பச்சை.

“தனியா இருந்தா ரெண்டும் நல்ல புள்ளைகள்தான் தம்பி. பக்கத்தில வெச்சாத்தான் சண்டை புடிக்கும்.”

அவர் சொன்னதை நான் வெகு நாளாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். ஒரு நூலைத் தனியே எடுத்து இது நிறம் பிசகிய நூல் என்று யாராலும் சொல்ல முடியாது. அது பிழையாவது இன்னொன்றின் அருகே போய் இருக்கும்போதுதான். அருகே இருப்பது வேறாக இருந்தால் இதே நூல் சரியான நூல்.

பாரிஸில் கோபலின் என்ற அரச நெசவுக்கூடம் உண்டு. சுவரில் தொங்கவிடும் சித்திரத் திரைகளுக்குப் பேர் போனது. 1824 இல் அதன் சாயப் பகுதிக்குப் பொறுப்பாக மிஷேல் யூஜின் செவ்ரெல் என்ற இரசாயனவியலாளர் வந்தார். நீலத்துக்கும் ஊதாவுக்கும் நிழல் கொடுக்க நெய்யும் கறுப்பு வெளிறித் தெரிகிறது, சாயம் சரியில்லை என்று அவரிடம் முறைப்பாடு வந்தது. அவர் அந்தக் கறுப்பை வேறு கூடங்களின் கறுப்புகளோடு வைத்துச் சோதித்தார். சாயத்தில் ஒரு குறையும் இல்லை. நீலத்தின் பக்கத்தில் இருந்ததால்தான் கறுப்பு அப்படித் தெரிந்தது. ஒரு நிறம் தன் பக்கத்து நிறத்தை அதன் எதிர்நிறத்தை நோக்கித் தள்ளிவிடுகிறது என்பதை ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்து 1839 இல் பெரிய நூலாக வெளியிட்டார். ஓவியர்கள் அந்த நூலைத் தங்களுக்குரியதாக எடுத்துக்கொண்டார்கள். எனக்கென்னவோ அது முதலில் சாயக்காரர்களுக்கு வழங்கப்பட்ட தீர்ப்பாகவே தெரிகிறது. குற்றம் சாட்டப்பட்ட கறுப்பு நிரபராதி என்று ஒருவர் உட்கார்ந்து விசாரித்துச் சொல்லியிருக்கிறார்.

*

நிறம் பார்க்க வடக்கு யன்னல் நல்லது என்பது ஐரோப்பியச் சாயப்பட்டறைகளின் பழைய விதி. அங்கே நண்பகல் சூரியன் எப்போதும் தெற்கே சாய்ந்துதான் நிற்கும். ஆகவே வடக்கு யன்னலில் நேர்வெயில் அநேகமாக விழாது, வானத்தின் சீரான வெளிச்சமே வரும்.

கல்முனை ஏழரைப் பாகை அகலாங்குக்குச் சற்றுக் கீழே இருக்கிறது. ஏப்ரல் இரண்டாம் வாரத்திலிருந்து செப்டம்பர் முதல் வாரம் வரை நண்பகல் சூரியன் நமக்கு வடக்கே நிற்கும். ஆண்டில் ஐந்து மாதம் அந்த விதி இங்கே செல்லாது. அதுவும் வெயில் கொளுத்துகிற, நூல் நன்றாகக் காய்கிற, வேலை அதிகமாக நடக்கிற மாதங்கள். காலையில் கடல் பக்கத்திலிருந்து வருவது ஒரு வெளிச்சம், மாலையில் வயல் பக்கத்திலிருந்து வருவது இன்னொன்று. கிடுகுக் கூரைக்குள் விழுவது ஒன்று, தகரக் கூரையில் பட்டுத் தெறிப்பது வேறொன்று.

சில சாயங்கள் வெயிலில் ஒன்றுபோலத் தெரிந்து, மின்குமிழ் வெளிச்சத்தில் பிரிந்துவிடும். இரண்டு நூலும் வேறு வேறு சாயக்கலவையால் ஒரே நிறத்துக்குக் கொண்டுவரப்பட்டிருந்தால் இப்படி நடக்கும். தறியில் பொருந்தியிருந்த துணி கொழும்புக் கடையில் பொருந்தாமல் போவதற்கு இது ஒரு காரணம். யாருடைய கையும் தவறாமலே இது நடந்துவிடும்.

*

சாயத் தொட்டியை அருகிருந்து பார்த்தால் நிறம் பிசகாமல் வருவதுதான் அதிசயம் என்று தோன்றும்.

பருத்திக்கு இடும் வாட் சாயம் தண்ணீரில் கரையாது. கோஸ்டிக் சோடாவும் ஹைட்ரோஸும் சேர்த்துச் சூடாக்கினால்தான் கரையும். கரைந்த நிலையில் அதன் நிறமே வேறு. அவுரி நீலம் தொட்டிக்குள் பச்சை கலந்த மஞ்சளாக இருக்கும். கழியை முக்கி எடுத்து உதறினால், காற்றுப்பட்ட இடமெல்லாம் பச்சையாகி, கண் முன்னாலேயே நீலமாகும். சாயம் இழைக்குள் பூட்டிக்கொள்வது அந்த நேரத்தில்தான். அதனால் தொட்டிக்குள் இருக்கும் வரை கழி காற்றைக் காணக்கூடாது. கம்பில் தொங்கும் கழியைப் புரட்டிக்கொண்டே இருக்க வேண்டும். மேலே நீட்டிக்கொண்டிருக்கும் பகுதி கொஞ்சம் தாமதித்தால் அங்கே நிறம் முந்திவிடும். கழியைக் கட்டிய முடிச்சு இறுகியிருந்தால் அதன் கீழே சாயம் போகாமல் வெள்ளைப் புள்ளி நிற்கும். (இதே இறுக்கத்தை வேண்டுமென்றே செய்து, கட்டிக் கட்டிச் சாயமிட்டு, போச்சம்பள்ளியிலும் குஜராத்தின் பாட்டனிலும் உலகம் வியக்கும் சேலைகளை நெய்கிறார்கள்.)

பிறகு சவர்க்காரத் தண்ணீரில் கொதிக்க வைக்க வேண்டும். உண்மையான நிறம் அதற்குப் பிறகுதான் நிலைக்கும். கொதி குறைந்தால் நிறம் வேறு. ஈர நூல் எப்போதும் ஒரு படி கறுத்துத் தெரியும். மார்கழி மழையில் நாள்கணக்கில் காயாத கழியைப் பார்த்து, இது காய்ந்தால் எந்த நிறத்துக்கு வரும் என்று சொல்ல அனுபவம் வேண்டும்.

தண்ணீரும் சும்மா இருப்பதில்லை. சில வகைச் சாயங்களில் உப்பு கூடினால் நூலில் ஏறும் சாயமும் கூடும். அதற்காகவே தொட்டியில் உப்பை அளந்து போடுகிறார்கள். தண்ணீரில் சுண்ணாம்புச் சத்து மிகுந்தால் சாயம் திரைந்து நிற்கும். 2004 டிசம்பர் 26, ஒரு போயா தினத்து ஞாயிறு காலை, கடல் இந்தக் கரையில் ஏறியபோது மருதமுனை தன் மக்களை இழந்தது. தறிகளும் நூலும் அள்ளுண்டு போயின. கிழக்குக் கரையெங்கும் கிணறுகளில் உப்பேறியது. குடிக்கத் தண்ணீர் தேடிய அந்த நாள்களில் யாரும் சாயத்தைப் பற்றி நினைத்திருக்க மாட்டார்கள். ஆனாலும், உப்பேறிய கிணற்றில் அள்ளிய நீரில் பழைய அளவில் சாயம் கரைத்தால் பழைய நிறம் வராது என்பதும் அந்த அலை விட்டுச் சென்ற கணக்கில் ஒன்று.

*

நூலிலும் பேதம் உண்டு. முற்றாத பஞ்சு சாயத்தைக் குறைவாகவே ஏற்கும். மெல்லிய இழை, அதே தொட்டியில் முங்கி எழுந்தாலும், தடித்த இழையைவிட வெளிறித் தெரியும். முறுக்கு கூடினாலும் குறைந்தாலும் வெளிச்சம் பட்டுத் திரும்பும் விதம் மாறும். கிழக்கிலங்கைத் தறிக்கு வரும் நூல் பெரும்பாலும் கடல் தாண்டி வருவது. எந்த வயலின் பஞ்சு, எந்த ஆலையில் எந்த வாரம் நூற்றது என்பது நெய்பவருக்குத் தெரியாது. வந்த கட்டைப் பிரிக்கிறார்கள், தார் சுற்றுகிறார்கள், தறியில் குறுக்கே ஓடும் நாடாவில் போடுகிறார்கள்.

இதற்கு நெசவாளர் கண்ட வழியை நான் மிகவும் மதிக்கிறேன். இரண்டு கட்டு நூலுக்கும் நிறம் கொஞ்சம் வேறாக இருக்கிறது என்று சந்தேகம் வந்தால், ஒன்றை முடித்துவிட்டு மற்றதைத் தொடங்குவதில்லை. இரண்டையும் இரண்டு நாடாவில் போட்டு மாறி மாறி விடுவார்கள். இதில் இரண்டு இழை, அதில் இரண்டு இழை. பிசகு எங்கும் போய்விடவில்லை, துணி முழுக்கப் பரவியிருக்கிறது. ஆனால் கண்ணுக்குத் தெரியாது. நம் கண் சின்ன வித்தியாசத்தைக் கண்டுபிடிப்பது அது ஒரு கோட்டில் நின்று பிரியும்போதுதான். எல்லைக்கோடு இல்லாமல் கலந்துவிட்டால் அதே வித்தியாசத்தைக் கண் ஏற்றுக்கொள்கிறது. இரட்டை வேலை, கைக்கு நோவு, நேரமும் கூட. ஆனாலும் செய்கிறார்கள்.

சேலையில் இன்னொரு சங்கடம் உண்டு. தறியில் முதல் முழத்துக்கும் கடைசி முழத்துக்கும் இடையே ஐந்தரை மீற்றர் தூரம். இரண்டு கட்டு நூலில் நெய்தாலும் தறியில் இருக்கும்போது யாருக்கும் தெரியாது. உடுத்தும்போது முந்தானை வந்து கொசுவத்தின் மேல் விழுகிறது. தறி பிரித்து வைத்ததை உடம்பு அருகருகே கொண்டுவந்து வைத்துவிடுகிறது.

*

சாயத்தில் ஒரு பிழையும் இல்லாமலே விழுகிற பட்டை ஒன்றும் உண்டு. தறியை நிறுத்திய இடம் அது. ளுஹர் பாங்கு கேட்டதும் எழுந்து போகிறார்கள். தொழுது, சோறு ஆக்கி, பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்து உட்காரும்போது பா, அதாவது நெடுக்கு நூல், கொஞ்சம் தொய்ந்திருக்கும். முதல் சில இழைகள் நெருக்கமாகவோ கலைவாகவோ விழும். பலகையை இழுத்து அடிக்கும் அடியும் பழைய பலத்துக்கு வரச் சற்று நேரம் பிடிக்கும். நெருங்கிய இடம் கறுத்தும் கலைந்த இடம் வெளுத்தும் தெரியும். பழகிய கை, வந்து உட்கார்ந்ததும் நாலைந்து இழையைப் பிரித்தெடுத்து, பாவை இழுத்துச் சரிபார்த்து, பிறகுதான் தொடங்கும்.

ஈரானிய நாடோடிகளின் கம்பளங்களில் இப்படிப் பட்டை பட்டையாக நிறம் மாறும். சின்னத் தொட்டியில் கொஞ்சம் கொஞ்சமாகச் சாயமிட்டு நெய்வதால் வருவது. கம்பள வியாபாரிகள் இதை அப்ரஷ் என்கிறார்கள். விரும்பி விலை கூட்டிக் கொடுப்பவர்களும் உண்டு. கையால் சாயமிட்டதன் அடையாளமாக அதை எடுத்துக்கொள்கிறார்கள். மருதமுனைச் சாரனில் விழுந்த பட்டைக்கு அந்த மரியாதை கிடைப்பதில்லை. கிடைக்க வேண்டும் என்றும் நான் கேட்கவில்லை. சாரன் வாங்குகிறவர் ஆலைத் துணியின் ஒரே சீரான நிறத்தைப் பார்த்துப் பழகியவர். 1977 இல் இறக்குமதிக் கதவு திறந்தபின் கைத்தறி அந்தச் சீரோடு போட்டி போட்டுத்தான் பிழைக்கிறது. அழகு என்று பெயர் மாற்றிச் சொன்னால் அந்தத் துணி விலைப்படாது.

நான் கேட்பது வேறு. பட்டை கண்ணில் படுவது தறியில் இறக்கும்போது. அதனால் தறியில் இருந்தவர் மேல்தான் முதல் சொல் விழுகிறது, விலைக்குறைப்பும் அவர் தலையில்தான் இறங்குகிறது. பஞ்சு முற்றாமல் இருந்தது, நூல் ஆலையில் முறுக்கு மாறியது, சாயத்தில் சூடு குறைந்தது, கிணறு உப்பானது, கடையில் வேறு விளக்கு எரிந்தது — இவற்றில் ஒன்றுகூட அவர் கையில் இல்லை. அவர் கையில் இருப்பது அடியின் பலமும் பாவின் இழுப்பும் மட்டும்.

எது யாருடையது என்று அறிய ஒரு ஊசி போதும். மங்கிய பட்டையிலிருந்து குறுக்கே ஓடும் இரண்டு ஊடு இழை, அதற்கு அடுத்த நல்ல பகுதியிலிருந்து இரண்டு ஊடு இழை உருவி எடுக்க வேண்டும். வெள்ளைத் தாளில் ஒட்டி வைத்து, நிழலில் நின்று வானத்து வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். இழைகளின் நிறமே வேறு என்றால் பிசகு நூலிலோ சாயத்திலோ பிறந்தது. தறிக்கு வருமுன்பே அது இருந்திருக்கிறது. இழைகள் ஒரே நிறமாக இருந்து துணியில் மட்டும் பட்டை தெரிந்தால், ஓர் அங்குலத்துக்கு எத்தனை இழை என்று இரண்டு இடத்திலும் எண்ண வேண்டும். எண்ணிக்கை வேறுபட்டால்தான் தறியைக் கேட்கலாம். எண்ணிக்கையும் ஒன்றாக இருந்தால் நூலின் தடிப்பையும் முறுக்கையும் பார்க்க வேண்டும். அதுவும் ஆலையின் கணக்கு. ஆய்வுகூடங்களில் துணியின் சாயத்தையே கழற்றிவிட்டுப் பட்டை நிற்கிறதா என்று பார்ப்பார்கள். அத்தனை தூரம் போகத் தேவையில்லை. துணி கை மாறும் மேசையில் ஓர் ஊசியும் ஒரு தாளும், நூல் கட்டின் சாய இலக்கம் எழுதிய ஒரு கொப்பியும் இருந்தால் போதும். விலையைக் குறைத்து எழுதுமுன் அந்த நாலு இழையையும் நெய்தவரின் முன்னால் வைத்துப் பார்த்துவிட்டு எழுதட்டும்.