பந்தி வஞ்சனை

விருந்தில் பரிமாறப் போகிறவர்களிடம் வீட்டுப் பெரியவர்கள் ஒன்றைச் சொல்லி அனுப்புவார்கள்: பந்தி வஞ்சனை பண்ணாதே. ஒரே வரிசையில் உட்கார்ந்தவர்களில் வேண்டியவர் இலையில் நெய்யும் வேண்டாதவர் இலையில் வெறும் சோறும் விழுந்தால் அது பாவம் என்பது நம் ஊர் நியாயம். அரசின் சமூகநலத் திட்டங்களைப் பற்றிய விவாதம் எவ்வளவு புள்ளிவிவரங்களோடு நடந்தாலும், அதன் அடியில் இருப்பது இந்த நியாயம்தான். நாடு சம்பாதித்ததை யார் யார் இலையில் வைப்பது? ஏழை என்று நிரூபித்தவருக்கு மட்டுமா, வந்து உட்கார்ந்த எல்லாருக்குமா?

வடலூரில் இராமலிங்க வள்ளலார் 1867இல் சத்திய தருமச்சாலையைத் தொடங்கியபோது இதற்குத் தயக்கமில்லாத பதில் ஒன்றைத் தந்தார். பசித்தவரின் தேசம், சமயம், சாதி, நடத்தை எதையும் விசாரிக்காமல் சோறிட வேண்டும் என்பது அவருடைய ஜீவகாருண்ய நெறி. அன்று மூட்டிய அடுப்பு இன்றும் எரிகிறது. சாதி கேட்காதே என்றவர்கள் வேறு சிலரும் உண்டு. நடத்தையையும் கேட்காதே என்றதுதான் வள்ளலாரின் துணிவு. வாங்குகிறவன் உழைப்பாளியா, சோம்பேறியா, குடிப்பவனா என்று எடைபோட்டுவிட்டுக் கொடுக்கும் பழக்கத்தை இன்றைய அரசுகளே இன்னும் விடவில்லை.

தனியார் தர்மமாக இருந்த சோறு அரசின் கடமையாக மாறியதற்கு அதற்குப் பிறகு அரை நூற்றாண்டு ஆனது. 1920இல் நீதிக் கட்சியின் பிட்டி தியாகராயர் தலைமையில் இருந்த சென்னை மாநகராட்சி, ஆயிரம் விளக்குப் பள்ளியில் மதிய உணவு தர முடிவெடுத்தது. ஒரு பிள்ளைக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மிகக் கூடாது என்பது கணக்கு. கல்வி நிதியிலிருந்து சோற்றுக்குச் செலவிட ஆங்கிலேய அரசு இடம் தரவில்லை. 1925இல் திட்டம் நின்றது.

அதே ஆண்டுகளில்தான் சேரன்மாதேவியில் இன்னொரு பந்திச் சண்டை எரிந்துகொண்டிருந்தது. வ.வே.சு. ஐயரின் குருகுலத்துக்குத் தமிழ்நாடு காங்கிரஸ் பணம் கொடுத்திருந்தது. அங்கே பிராமணப் பிள்ளைகளுக்குத் தனியாகச் சோறு போட்டார்கள். பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் இதை எதிர்த்து எழுப்பிய குரல், தமிழக அரசியலின் போக்கையே திருப்பியது. பொதுப் பணத்தில் நடக்கும் பந்தியில் வஞ்சனை கூடாது என்பதே அந்தச் சண்டையின் சாரம்.

காமராஜர் ஆட்சியில் 1956இல் மதிய உணவு மீண்டும் வந்தது. 1982 ஜூலை 1 அன்று, திருச்சி மாவட்டம் பாப்பாக்குறிச்சியில் எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டத்தைத் தொடங்கினார். கஜானா தாங்குமா என்ற கேள்வி அப்போது பலமாக எழுந்தது. தாங்கியது. 2001 நவம்பரில் உச்ச நீதிமன்றம், நாட்டின் எல்லா அரசு, அரசு உதவிபெறும் தொடக்கப் பள்ளிகளிலும் சமைத்த உணவு தர வேண்டும் என்று ஆணையிட்டது. 2023 ஆகஸ்டில் தமிழகத்தின் அரசுத் தொடக்கப் பள்ளிகள் முழுவதற்கும் காலை உணவும் வந்து சேர்ந்தது.

பகல் மணியடித்ததும் ஏதாவது ஒரு கிராமத்துப் பள்ளிக்குப் போய்ப் பார்க்கலாம். குழாயடியில் தட்டுகளைக் கழுவிக்கொண்டு பிள்ளைகள் வராந்தாவில் வரிசையாக உட்காருகிறார்கள். சமையலர் அண்டாவிலிருந்து சோற்றை அள்ளிப் போட, உதவியாளர் சாம்பார் வாளியோடு பின்னால் வருகிறார். முட்டை வருகிற வரைக்கும் சிலருக்குச் சோறு இறங்காது. நிலக்காரர் பிள்ளையும் அந்த நிலத்தில் களை எடுக்கும் பெண்ணின் பிள்ளையும் தோளோடு தோள் இடித்துக்கொண்டு சாப்பிடும் இடம், பல ஊர்களில் இந்த வராந்தா மட்டும்தான். இதைக் குலைக்கப் பார்க்கிறவர்களும் இருக்கிறார்கள். 2018இல் திருப்பூர் மாவட்டத்துப் பள்ளி ஒன்றில், தலித் பெண் சமைக்கக் கூடாது என்று ஊர்க்காரர்கள் சிலர் தடுத்து, விவகாரம் வழக்குவரை போனது.

பசி தீர்வது சரி, இதனால் ஏற்றத்தாழ்வு குறையுமா என்று கேட்பவர்களுக்கு ஆய்வுகள் பதில் வைத்திருக்கின்றன. ஆந்திராவில் சிறுவயதில் வறட்சியால் வளர்ச்சி குன்றிய குழந்தைகள், பள்ளி உணவால் அந்த இழப்பைப் பெருமளவு ஈடுகட்டியதை 2014இல் வெளியான ஓர் ஆய்வு காட்டியது. சிறுமிகளாக இருந்தபோது மதிய உணவு சாப்பிட்ட பெண்களுக்குப் பிறந்த குழந்தைகளிடம் வளர்ச்சிக் குறைவு குறைந்திருப்பதை 2021இல் இன்னொரு ஆய்வு கண்டது. ஒரு தலைமுறைக்குப் போட்ட சோறு அடுத்த தலைமுறையின் உயரத்தில் தெரிகிறது. தேசியக் குடும்பநல ஆய்வின் ஐந்தாம் சுற்றில், ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் வளர்ச்சி குன்றியோர் இந்திய அளவில் 35.5 சதவீதம், தமிழகத்தில் 25 சதவீதம். இந்த இடைவெளிக்குச் சத்துணவு ஒன்றே காரணமல்ல. ரேஷன் கடையும் ஆரம்ப சுகாதார நிலையமும் அதில் பங்காளிகள்.

இருந்தாலும் எதிர்த் தரப்பின் கேள்வியைத் தட்டிக்கழிக்கக் கூடாது. ஒருவர் உழைத்துச் சம்பாதித்ததை எடுத்து இன்னொருவருக்குக் கொடுக்க அரசுக்கு என்ன உரிமை என்று 1974இல் தத்துவவாதி ராபர்ட் நோசிக் கேட்டார். அவர் யாருக்கு மறுப்பாக எழுதினாரோ அந்த ஜான் ராவ்ல்ஸ், சமூகத்தில் தனக்கு எந்த இடம் வாய்க்கும் என்று தெரியாத நிலையில் ஒருவர் எந்த ஏற்பாட்டை ஒப்புக்கொள்வாரோ அதுவே நியாயம் என்றவர். எந்த வயிற்றில் பிறப்போம் என்று தெரியாதபோது, வராந்தாவில் சோறு வேண்டாம் என்று எவரும் சொல்லத் துணியமாட்டார்.

அடுத்த கேள்வி இன்னும் கடினம். இருக்கிற பணத்தை ஏழைகளுக்கு மட்டும் கொடுத்தால் ஏற்றத்தாழ்வு வேகமாகக் குறையாதா? கணக்கு அப்படித்தான் சொல்கிறது. ஆனால் வால்டர் கோர்ப்பி, யோக்கிம் பால்மே என்ற ஸ்வீடன் அறிஞர்கள் 1998இல் இதை மறுத்தார்கள். ஏழைகளுக்கு மட்டும் என்று ஒதுக்கிய நாடுகளைவிட, எல்லாருக்கும் என்று வைத்த நாடுகளில்தான் ஏற்றத்தாழ்வு அதிகம் குறைந்தது என்று காட்டினார்கள். நடுத்தர வர்க்கமும் சாப்பிடும் பந்தியில் சோறு கெட்டுப்போனால் கேட்க ஆளிருக்கும். இந்த முடிவைப் பின்வந்த ஆய்வாளர்கள் சிலர் ஏற்கவில்லை. என்றாலும் அரிசி அட்டைக்காரர்களையெல்லாம் உள்ளடக்கும் தமிழகத்து ரேஷன் கடை அந்த வாதத்துக்குச் சாட்சியாக நிற்கிறது.

கோடு போட்டுப் பிரித்தால் என்ன ஆகும் என்பதையும் தமிழகம் பார்த்திருக்கிறது. 2023 செப்டம்பரில் தொடங்கியபோது கலைஞர் மகளிர் உரிமைத் தொகை ஒரு கோடிக்கும் மேற்பட்ட பெண்களுக்கு மாதம் 1,000 ரூபாய் தந்தது. வீட்டில் தன் பெயரில் ஒரு ரூபாய் இல்லாதிருந்தவர்களுக்கு அது பெரிய பலம். ஆனால் ஆண்டுக்கு 3,600 யூனிட்டுக்கு மேல் மின்சாரம் எரிந்தால் கிடையாது, கார் இருந்தால் கிடையாது என்று நிபந்தனைகள் இருந்தன. மீட்டரும் காரும் பெரும்பாலும் கணவன் பெயரிலோ மாமனார் பெயரிலோ இருக்கும். அந்த வீட்டுப் பெண்ணின் கையில் என்ன இருக்கிறது என்பதை மீட்டர் சொல்லாது. மனு தள்ளுபடியான பெண்கள் மேல்முறையீட்டுக்காக அலைந்தார்கள்.

பரிமாறுவதில் இவ்வளவு யோசிக்கிற சமூகம், அரிசி யார் வீட்டிலிருந்து வந்தது என்று கேட்க மறந்துவிடுகிறது. உரிமைத் தொகைக்கு ஆண்டுச் செலவு 13,000 கோடி ரூபாய்க்கு மேல். அரசு மதுக்கடைகளான டாஸ்மாக் மூலம் 2023-24இல் அரசுக்குக் கிடைத்த வருவாய் 45,000 கோடிக்கு மேல். மதுக்கடையில் கொத்தனாரிடம் வாங்கியதில் ஒரு பங்கு அவர் மனைவியின் வங்கிக் கணக்குக்கு வருகிறதென்றால், அதை மறுபங்கீடு என்று சொல்வது எப்படிப் பொருந்தும்? மறுபக்கம், வாரிசுச் சொத்துக்கான வரியை இந்தியா 1985இல் கைவிட்டது. செல்வ வரியை 2015இல் கைவிட்டது. உலக ஏற்றத்தாழ்வு ஆய்வகத்தின் 2024 கணக்குப்படி, 2022-23இல் நாட்டின் வருமானத்தில் 22.6 சதவீதம் உச்சியில் இருக்கும் ஒரு சதவீதத்தினரிடம் போனது. செல்வ வரி மத்திய அரசின் கையில், மது வருவாய் மாநிலத்தின் கையில். இந்த அமைப்பை மாற்றாமல் மாநிலங்களை மட்டும் ‘இலவசம் தருகின்றன’ என்று ஏசுவது நியாயமில்லை.

மாநிலம் தன் கையில் இருப்பதைச் செய்யலாம். சத்துணவு மையங்களில் வேலை செய்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். விதவைகளும் கைவிடப்பட்டவர்களும் அவர்களில் நிறைய. நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அடுப்படியில் நின்றும், மற்ற அரசு ஊழியர்களைப் போன்ற காலமுறை ஊதியம் இல்லாமல், ‘சிறப்பு’ என்ற அடைமொழியோடு தனி ஊதிய விகிதத்தில் வைக்கப்பட்டிருக்கிறார்கள். முழு ஊதியத்துக்காகவும் ஓய்வூதியத்துக்காகவும் அவர்கள் திரும்பத் திரும்பத் தெருவில் உட்கார வேண்டியிருக்கிறது. ஏற்றத்தாழ்வைக் குறைக்கும் அடுத்த திட்டத்துக்குப் புதுப் பெயர் தேடுவதற்கு முன்பாக, இந்தக் கோரிக்கைக் கோப்பில் அரசு கையெழுத்திட வேண்டும்.