மீண்டும் பிறத்தல் என்னும் சொல்லும் பூம்பாவையாரும்

ஆங்கில நூல்களில் அருகி வழங்குஞ் சொற்களுள் 'பாலின்ஜெனிசிஸ்' என்பது ஒன்று. அது யவன மொழியினின்றும் போந்தது. அம்மொழியிற் 'பாலின்' என்பது மீண்டும் என்னும் பொருட்டு. ஒலியொப்புமை கண்டு அதனைத் தமிழ்ச்சொல் எதனோடும் இயைத்துக் காண்டல் வேண்டா. 'கெனெசிஸ்' என்பது பிறப்பு என்னும் பொருட்டு. இரண்டுங் கூடி மீண்டும் பிறத்தல் என்றாயிற்று. இத்துணையே அதன் சொற்பொருள். இதனைத் தமிழில் மறுபிறப்பு எனப் பெயர்த்து அவ்வளவில் அமைவார் பலர். அங்ஙனம் அமைதல் பொருந்தாது. என்னை? மீண்டும் பிறப்பது யாது என வினவுவார்க்கு, அச்சொல்லை வழங்கினோர் ஒருவரோடொருவர் மாறுபட விடையிறுத்தாராகலின். உலகம் என்றார் சிலர். உயிர் என்றார் சிலர். இழந்த பெருமை என்றார் ஒருவர். சாம்பராய்ப்போன மலர் என்றாரும் உளர். இவ்வேறுபாடுகளை நிரலே ஆராயின், சைவ நன்மக்கள் யாவரும் அறிந்ததொரு வரலாற்றின்கண் மறைந்து கிடக்கும் ஐயம் ஒன்று தெளிவுறும். திருமயிலையில் என்பினின்றும் எழுந்த பூம்பாவையார், முன்னர் அரவு தீண்டி இறந்த பூம்பாவையார் தாமோ, அன்றி வேறொருவரோ என்பதே அவ்வையம்.

உலகம் மீளப் பிறக்கும் என்றவர் ஸ்தோயிக்கர் எனப்பட்ட யவன ஞானிகள். ஏறத்தாழக் கி.மு. 300இல் ஏதென்ஸ் நகரிற் சீனோ என்பார் தொடங்கிய மரபு அது. உலகமெல்லாம் ஒரு காலத்துத் தீயில் ஒடுங்கும். பின் அத்தீயினின்றே மீளத் தோன்றும். தோன்றுங்கால் முன்னிருந்தவாறே ஓரணுவும் பிறழாது தோன்றும் என்பது அவர்தம் கொள்கை. சாக்கிரட்டீசர் மீளப் பிறப்பார். மீளவும் அதே குற்றஞ் சாட்டப்பெறுவார். மீளவும் நஞ்சுண்டு மாள்வார். உரோமப் பேரரசராகிய மார்க்கஸ் அவுரேலியர் தாம் எழுதிய நூலுள் இச்சொல்லை இப்பொருளிலேயே ஆண்டுள்ளார்.

ஒடுங்கியது மீளத் தோன்றும் என்னும் அளவில் இக்கொள்கை, மெய்கண்டதேவர் சிவஞானபோத முதற் சூத்திரத்து அருளிச்செய்ததனோடு ஒப்பது போலக் காணப்படும். ஒவ்வாமை யாண்டு உளதெனின், எதன்பொருட்டு என்பதன்கண் உளது. சித்தாந்தத்தில் உலகம் மீளத் தோன்றுதற்கு ஏது, உயிர்களைப் பற்றிய மலம் இன்னும் நீங்காமையே. ஒடுக்கம் பிறந்திறந்து எய்த்த உயிர்கட்கு இளைப்பாற்றுதற்பொருட்டு. புனருற்பவம் எஞ்சிய கன்மத்தை நுகர்வித்து மலபரிபாகம் வருவித்தற்பொருட்டு. பயன் கருதிச் செய்யப்படும் தொழிலாகலின், இரண்டாவது தோற்றம் முதலாவதன் படியாதல் இயலாது. ஸ்தோயிக்கர் கூறும் சுழற்சியிலோ, கற்றவன் மீளவுங் கல்லாதவனாய்த் தொடங்கி, அதே நாளில் அதே பாடத்தைக் கற்று, அதே நாளில் இறப்பன். செக்கிழுக்கும் எருதின் சுற்றிலேனும் எண்ணெய் உண்டு; இச்சுற்றில் அதுவும் இல்லை.

இனி, மீளப் பிறப்பது உயிர் என்பாருள்ளும் ஒருமைப்பாடு இல்லை. ஜெர்மானிய ஞானியாகிய சோப்பனவர் 1844இல் வெளியிட்ட தம் பெருநூலின் இரண்டாம் பகுதியில், உயிர் தன் அறிவு முதலிய அனைத்தோடும் ஓருடல் விட்டு மற்றோருடல் புகுதல் வேறு, பாலின்ஜெனிசிஸ் வேறு எனப் பகுத்தார். பின்னதில், அறியும் பகுதி உடம்போடு அழியும். இச்சை ஒன்றே எஞ்சி நின்று புதியதோர் அறிவைப் பெற்றுப் பிறக்கும் என்றார். புத்தர் கொள்கை இதனோடு அணுகியது என மகிழ்ந்தும் கூறினார். இஃது ஆழமான பகுப்பே, ஆயினும் ஏற்கத்தக்கதன்று. அறிந்து செய்தவன் ஒருவனும், அப்பயனை நுகர்பவன் வேறொருவனும் ஆவராயின், வினை என்னும் முறை நிற்றற்கு இடமில்லை. கடன் வாங்கியோன் மறைந்துபோக, அவன் பெயரைச் சூடிவந்த புதியோனிடம் கடனை இறுக்கச் சொல்வதோடு அஃது ஒக்கும். சிவஞானசித்தியார் பரபக்கத்திற் சௌத்திராந்திகன் மறுக்கப்படுமிடத்து இவ்வழக்கு விரியக் காணலாம்.

உரோம நாவலராகிய சிசரோ இச்சொல்லைப் பெரிதும் எளிய பொருளில் ஆண்டார். நாடு கடத்தப்பெற்றுக் கி.மு. 57இல் மீண்டு வந்து, இழந்த பெருமையைத் தாம் திரும்பப் பெற்றதனை, நண்பர்க்கு எழுதிய முடங்கலில் இச்சொல்லாற் குறித்தார். யூத வரலாற்றாசிரியராகிய ஜோசீபஸ், பாபிலோனுக்குச் சிறைபோன தம் முன்னோர் நாட்டை மீளப் பெற்றதனை இங்ஙனமே கூறினார். ஈண்டு இறப்பும் இல்லை, பிறப்பும் இல்லை. இழந்தது மீளக் கிடைத்தது, அவ்வளவே.

இப்பொருட்கு உரிய நிகழ்ச்சியொன்று அம்பத்தூரைச் சார்ந்த கள்ளிக்குப்பத்திற்கு அணித்தாகிய திருமுல்லைவாயிலோடு தொடர்புடையது. சுந்தரமூர்த்தி சுவாமிகள் திருவொற்றியூரில் சூள் பிழைத்துக் கண்ணிழந்தபின், வழியறியாது நடந்து வந்து மாசிலாமணியீசரைப் பாடி இரந்தது அத்தலத்திலேயாம். அடுத்துத் திருவெண்பாக்கத்தில் ஊன்றுகோல் கிடைத்தது; காஞ்சியில் ஒரு கண்ணும், திருவாரூரில் மற்றொரு கண்ணும் கிடைத்தன. மீண்டு வந்தது பழைய கண்ணின் ஒளியே. இதனைப் பிறப்பென்பது உபசாரம். ஊன்றுகோல் அளித்த திருவெண்பாக்கமோ, பிற்காலத்திற் பூண்டி நீர்த்தேக்கம் அமைந்தபொழுது நீருள் மூழ்கியது. கோயில் வேறிடத்து எடுப்பிக்கப்பட்டது. கல்லும் இடமும் மாறினும், அங்கு எழுந்தருளியிருப்பவர் ஊன்றீசர் அல்லர் என்பார் எவருமிலர். உடம்பு மாறினும் உடையான் மாறான் என்பதற்கு இதனினும் எளிய சான்று வேண்டா.

ஏனைய பொருள்களை விரைந்து கடக்கலாம். கிறித்தவர்தம் புதிய ஏற்பாட்டில் இச்சொல் இரண்டே இடத்து வருகின்றது. ஒன்றில் இனி வரவிருக்கும் புத்துலகையும், மற்றொன்றில் நீராட்டினால் ஒருவர் பெறும் புதுநிலையையும் குறிக்கும். சுவிஸ் நாட்டு இயற்கை நூலாராகிய பொன்னே 1769இல் இச்சொல்லையே தம் நூற்பெயருட் பொதிந்து, விலங்குகட்கும் வருங்கால உயர்வு உண்டென்றார்; அவ்வளவில் அவர் நெஞ்சு பாராட்டற்குரியது. ஹெக்கல் என்னும் உயிர்நூலார் 1870களில், கருவினுள் முன்னோர் வடிவம் மீளத் தோன்றுகின்றது என்னுங் கருத்தில் இதனை வழங்கினார். அக்கொள்கை அவர் கூறிய வடிவிற் பிற்காலத்தார் ஆராய்ச்சியில் நில்லாதொழிந்தது. செடர்ஹோம் என்னும் பின்லாந்து நாட்டு மண்ணூலார், பழம்பாறை நிலத்தினடியில் உருகி மீளக் குழம்பாதலை இப்பெயரான் அழைத்தார். ஓட்டோ லேனல் என்பார் 1889இல் வெளியிட்ட நூலோ சுவை மிக்கது. உரோம நீதி நூலாசிரியர்தம் நூல்கள் அழிந்துபோக, பிற்காலத் தொகை நூலுட் சிதறிக் கிடந்த துணுக்குக்களைப் பொறுக்கி, அவ்வவ்வாசிரியர் பெயரின் கீழ் அடைவுபட நிறுத்தி, அத்தொகுப்பிற்கு இச்சொல்லையே பெயராக இட்டார். தில்லையிற் கரையான் அரித்த ஏட்டுக் குவையினின்றும் எஞ்சிய திருப்பதிகங்களை நம்பியாண்டார் நம்பிகள் திரட்டி முறை வகுத்த அருஞ்செயலை எண்ணுவார்க்கு, அப்பெயரின் பொருத்தம் விளங்கும். அரசியலிலும் இச்சொல் புகுந்தது. பாசிசம் என்பதன் உயிர்நிலை, தாழ்ந்த நாடு மீளப் பிறக்கும் என்னும் மயக்கமே என ரோஜர் கிரிபின் என்பார் 1991இல் எழுதினார். மீளப் பிறப்பது யாது என வினவாமல் அச்சொல்லைக் கேட்டு ஆரவாரிப்பதன் கேடு அவ்விடத்து நன்கு புலப்படும்.

இனிச் சாம்பரைக் குறித்துக் கூறியோரைப் பற்றிச் சிறிது நின்று ஆராய்தல் வேண்டும். ஐரோப்பிய இரசவாதிகள், எரித்த செடியின் சாம்பரைக் கண்ணாடிக் குப்பியில் அடைத்து, மெல்லச் சூடேற்றின் அச்செடியின் உருவம் குப்பியினுள் எழும் என்றும், சூடு தணியின் மறையும் என்றும் நம்பினர். அதற்கும் இதுவே பெயர். தாமஸ் பிரவுன் என்னும் ஆங்கில மருத்துவர் 1643ஆம் ஆண்டு நூலில் இதனை மெய்யென்றே பேசினார். மெய்யன்று என்பது இன்று யாவரும் அறிந்தது. மெய்யெனவே கொள்ளினும், எழுந்தது மலரின் நிழலேயன்றி மலர் அன்று. அதன்கண் மணமில்லை, வித்தில்லை, வளர்ச்சியில்லை. இதனைக் கேட்டு, மயிலையில் நிகழ்ந்ததும் இத்தன்மைத்தே எனக் கூறுவாரும் உளர். அவர் சேக்கிழார் பெருமான் வாக்கை ஊன்றி நோக்கிலர்.

வரலாறு வருமாறு. மயிலை வணிகராகிய சிவநேசர், ஆளுடைய பிள்ளையாரின் பெருமை கேட்டு, தம் மகளாரையும் நிதியத்தையும் தம்மையும் அவர்க்கே கொடுத்தேன் எனப் பலரறியக் கூறினர். மகளார் ஏழாம் ஆண்டில் மலர் கொய்யுமிடத்து அரவு தீண்டி உயிர் நீத்தனர். தந்தையார் என்பையும் சாம்பரையும் குடத்துட் சேமித்து, கன்னிமாடத்தில் உயிரோடிருப்பார்க்குச் செய்யும் சிறப்பெல்லாம் செய்து காத்தனர். பிள்ளையார் மயிலைக்கு எழுந்தருளியபொழுது அக்குடம் கபாலீச்சரத் திருமதிற்புறத்துக் கொணரப்பட்டது. ஐப்பசி ஓணமும், கார்த்திகை விளக்கீடும், மார்கழி ஆதிரையும், தைப்பூசமும் முதலாய விழவுகளைக் காணாதே போதியோ எனப் பெயர் விளித்துப் பாடியருளினர். குடம் உடைய, பன்னிரண்டு ஆண்டு நிரம்பியவராய்ப் பூம்பாவையார் எழுந்தனர். ஏழில் இறந்தவர் ஏழில் எழவில்லை என்பது கருதற்பாலது. இரசவாதியின் குப்பியுள் எழுவது இறந்தநாள் உருவின் நிழல். ஈண்டு எழுந்தது, இடையிற் கழிந்த ஐந்தாண்டு வளர்ச்சியையுந் தன்னகத்துக் கொண்ட மெய்யுடம்பு.

சிவநேசர் மகளாரை மணந்தருள வேண்டினர். பிள்ளையார், நீர் பெற்ற பெண் நஞ்சினால் இறந்தனள். இவள் சிவபெருமான் அருளாற் பின்னர் நம்மால் உளளாயினாள், ஆதலின் இது தகாது என்னுங் கருத்துப்பட மறுத்தருளினர். இங்கேதான் ஐயம் பிறக்கின்றது. விளித்தபொழுது பழைய பெயரையே விளித்தார்; எழுந்தபின்னர்ப் பழைய மகள் அல்லள் என்றார். இவ்விரண்டும் யாங்ஙனம் இயையும்?

இயையும் என்க. பெயரிட்டு விளித்தது உயிரை. மறுத்தது உடம்பு பற்றிய உறவை. தந்தை, தாய், மகள் என்னும் முறையெல்லாம் உடம்பின் வழியே வந்தன. உயிர் ஒருவராற் பெறப்பட்டதன்று; அநாதி. எரியிற் போனது சிவநேசர் தந்த உடம்பு; ஆகவே அவ்வுடம்பின் வழி வந்த உறவும் அதனோடு ஒழிந்தது. உயிரோ, ஒழியாது, விளிக்கக் கேட்டு வந்தது. குடம் உடையின் அதனகத்து வெளி யாண்டும் போவதில்லை, அதுபோல்வதே உயிரின் போக்குவரவு என்பாரை மெய்கண்டார் இரண்டாஞ் சூத்திரத்து உதாரணத்தில் உடன்படாது, அரவு தோலுரித்தலையும், கனவு நிலை எய்துதலையும், பிறிதோருடலிற் புகுதலையுமே உவமையாகக் கொண்டார். மயிலைக் குடம் உடைந்தபொழுது வெளிப்பட்டது வெறுவெளி அன்று.

அற்றேல், திங்களூரில் அப்பூதியடிகள் மகனார் நாவுக்கரசர் பதிகத்தால் எழுந்தபின்னும் அப்பூதியார் மகனாரேயாயினர். திருப்புக்கொளியூரில் முதலை வாயினின்றும் மீண்ட சிறுவனும் தாயிடமே ஒப்புவிக்கப்பட்டான். அவர்க்கெல்லாம் உறவு ஒழியாதபோது பூம்பாவையார்க்கு மட்டும் ஒழிந்தது என்னை எனின், நல்ல வினா. அப்பூதியார் மகனார்க்கு உடம்பு எரியிற் போகவில்லை. துயிலுணர்ந்தார் போல எழுந்தார். அது பிறப்பே அன்று. முதலை உண்ட சிறுவனின் செய்தி அத்துணை எளிதன்று. அவனும் ஆண்டு வளர்ச்சியோடு மீண்டவனே. ஆயினும், அவனைப் பெற்றோர் எவர்க்கும் கொடுத்திலர். தாம் இழந்ததனை வேண்டினர். சுந்தரர் இழந்ததனை மீட்டுத் தந்தார். சிசரோ கூறிய மீட்சியின் பாற்படுவது அது. சிவநேசரோ மகளாரை முன்னரே கொடுத்துவிட்டனர். சாம்பரையும் பிள்ளையார்க்கு உரியதென்றே காத்தனர். தமக்கு உரிமையாகிய சாம்பரினின்றும் தம் பதிகத்தாற் பிள்ளையார் தோற்றுவித்த உடம்புக்குத் தந்தை யாவர்? சிவநேசர் கொடையே அவ்வுறவைப் பிள்ளையாரிடத்து ஆக்கிற்று என்று கொள்ளுதல் நேரிது.

இம்மறுப்பு வன்மையுடைத்து, பின்னர் நல்லூர்ப்பெருமணத்தில் வேறொரு பெண்ணை மணக்க இசைந்தவர் இங்கு மட்டும் மறுத்தது என்னை எனக் குறைகூறுவாரும் உண்டு. அவர் சிவநேசர் கண்ணீரை மட்டும் நோக்கினர். எழுந்து நின்ற பன்னீராட்டைப் பெண்ணை நோக்கிலர். இளம்பருவத்தே ஒருவர்க்கென்று கொடுக்கப்பட்டு, இறந்தும் அவர்க்கென்றே குடத்துட் காக்கப்பட்டவர் அவர். உயிர் தந்தவரையே கணவராகக் கொள்ளின், அவ்வாழ்வு முழுதும் ஒரு கைம்மாறாகவே கழியும். உயிரளித்தோன் அவ்வுயிரைத் தனக்கென்று கொள்ளுவனேல், அது கொடையோ வாணிகமோ என்னும் ஐயத்திற்கு விடையில்லை. பிள்ளையார் தம்மைத் தந்தை நிலையில் நிறுத்தியதனால் அவ்விலங்கை அறுத்தனர். சுற்றத்தார் வருந்தி வீழ்ந்தபொழுதும் அறநெறி எடுத்துரைத்துத் தெளிவித்தனரேயன்றி நெகிழ்ந்திலர்.

மயிலையிற் பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாள் இந்நிகழ்ச்சி ஆண்டுதோறும் நடித்துக் காட்டப்படுகின்றது. பிள்ளையார் பாடிய கபாலீச்சரம் கடலோரத்து இருந்ததென்றும், போர்த்துக்கேசியர் காலத்து அஃது அழிய, இன்றுள்ள கோயில் பின்னர் எழுந்ததென்றும் வரலாற்று நூலார் கூறுவர். விழாவிற் கூடுவோர்க்கு அவ்வேற்றுமை ஒரு தடையாவதில்லை, கபாலீசர் அவரேயாகலின்.

சிவநேசர் அதன்பின் மகளாரை வேறெவர்க்குங் கொடுத்திலர். ஒருவர்க்குக் கொடுத்தது, பெற்றவர் கொள்ளாதொழியினும், தமக்கு மீள உரியதாகாது என்று அவ்வணிகர் கருதினர் போலும். சாம்பர்க் குடம் இருந்த அதே கன்னிமாடத்திற் பூம்பாவையார் சிவபெருமான் திருவடியையே நினைந்து வாழ்ந்து, பின்னர்ச் சிவத்தை அடைந்தனர்.